ஈரோடு, திருப்பூர்ப் பக்கம் கிடைக்கும் பொருள்களைக் கொண்டே மெக்ஸிகோ பாணிப் பன்றிக்கறி – பீன்ஸ் சூப்பை வீட்டில் எளிதாகச் செய்ய முடியுமா?

முடியும். பிரஷர் குக்கர் ஒன்றும் தோசைக்கல் ஒன்றும் இருந்தால் போதும். வெளிநாட்டுப் பொட்டலம் எதையும் தேடி அலைய வேண்டியதில்லை. நான் கோபிச்செட்டிபாளையம் பக்கத்தில் இருக்கிறேன். இங்குள்ள சந்தையிலும் மளிகைக் கடையிலும் வாங்கியவற்றை வைத்தே எங்கள் வீட்டில் இந்தச் சூப்பைச் செய்து வருகிறேன். பீன்ஸ் எத்தனை விசில் விட்டாலும் வேகவில்லை, கறி நார்நாராகிவிடுகிறது, கடைசியில் குருமாவைப் போல மணக்கிறது என்று நீங்கள் கேள்வியில் எழுதியிருக்கிறீர்கள். பொருள் கிடைக்காததால் வரும் குறைகள் அல்ல இவை. வாங்கும் கறித்துண்டு, ஊறவைக்கும் தண்ணீர், எதை எப்போது சேர்க்கிறோம் என்ற வரிசை ஆகியவற்றில்தான் எல்லாம் இருக்கிறது. அவற்றிலும் வரிசையே முதன்மையானது: பயறு முழுவதும் வெந்த பிறகே தக்காளி உள்ளே போக வேண்டும்.

மெக்ஸிகோவில் இதற்கென்று ஒரே ஒரு செய்முறை கிடையாது. யுகடான் பகுதியில் கறுப்புப் பீன்ஸையும் பன்றிக்கறியையும் ஒன்றாக வேகவைத்து, சோற்றோடும் முள்ளங்கியோடும் உண்ணும் ‘ஃப்ரிஹோல் கோன் புவேர்கோ’ என்ற உணவு உண்டு. வழக்கமாக அது திங்கட்கிழமைச் சாப்பாடு. நாட்டின் வடக்கே, புள்ளி போட்ட பிண்டோ பீன்ஸுடன் உப்புக்கண்டப் பன்றிக்கறி, தக்காளி, மிளகாய், கொத்தமல்லித்தழை சேர்த்து நீர்க்கச் செய்கிறார்கள். நான் எழுதப்போவது இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட வீட்டுச் செய்முறை. பீன்ஸும் மிளகாயும் தக்காளியும் அந்த மண்ணிலேயே பயிராகி வந்தவை. பன்றி மட்டும் 16ஆம் நூற்றாண்டில் ஸ்பானியர்களுடன் கப்பலேறிப் போனது.

முதலில் கறியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நம் பக்கத்தில் எல்லாக் கறிக்கடைகளிலும் பன்றிக்கறி கிடைக்காது. ஆனால் வெண்பன்றி வளர்க்கும் பண்ணைகள் கொங்குப் பகுதியில் பல இடங்களில் இருப்பதால், அதற்கென்றே உள்ள கடைகளில், குறிப்பாக ஞாயிற்றுக்கிழமை காலையில், புதிதாக வெட்டியதை வாங்கலாம். கடைக்காரரிடம் வெறுங்கறி வேண்டும் என்று கேட்காதீர்கள். முன்சப்பைக் கறியாக, கொழுப்பும் சவ்வும் கலந்ததாக அரைக் கிலோ கேளுங்கள். முடிந்தால் எலும்போடு இரண்டு துண்டு சேர்த்துப் போடச் சொல்லுங்கள். பின்சப்பையில் உள்ள கொழுப்பில்லாத சதை நீண்ட நேரம் வெந்தால் வறண்டு நாராகிவிடும். முன்சப்பையில் உள்ள சவ்வோ நீண்ட நேரம் வேகும்போது கரைந்து, குழம்புக்குக் கொழகொழப்பான திடத்தைக் கொடுக்கும். உங்கள் கறி நாராகப் போனதற்கு இதுவே காரணமாக இருக்கும் என்று நினைக்கிறேன். ஒரு துண்டு ஒரு அங்குலத்துக்குச் சற்றுப் பெரிதாக இருக்கட்டும்.

பீன்ஸுக்கு, மளிகைக் கடையில் கிடைக்கும் ராஜ்மாவில் சித்ரா ராஜ்மா எனப்படும் புள்ளி வகையைத் தேர்ந்தெடுங்கள். பார்ப்பதற்குப் பிண்டோ பீன்ஸை ஒத்திருக்கும். கருஞ்சிவப்பு ராஜ்மாவைவிட விரைவாகவும் வேகும். தட்டைப்பயறோ மொச்சையோ போட்டால் உணவு நன்றாகத்தான் இருக்கும். ஆனால் சுவை நம் வீட்டுக் குழம்பின் பக்கம் திரும்பிவிடும். எந்த வகையானாலும் சரக்கு சீக்கிரம் விற்றுத் தீரும் கடையில் வாங்குவது மிக முக்கியம், ஏனெனில் வெக்கையிலும் ஈரத்திலும் மாதக்கணக்கில் கிடந்த பயறு எவ்வளவு ஊறினாலும் எவ்வளவு வெந்தாலும் உள்ளே கடுக்கென்றே இருக்கும்.

அடுத்தது தண்ணீர். கோவையில் சிறுவாணித் தண்ணீர் வரும் வீடுகளில் பயறு பூவாக வெந்துவிடுவதும், அதே பயறு போர்த் தண்ணீரில் வேகாமல் அடம்பிடிப்பதும் நம் பக்கத்துச் சமையல்காரர்கள் எல்லோரும் அறிந்தது. போர்த் தண்ணீர் போன்ற கடின நீரில் உள்ள கால்சியமும் மக்னீசியமும் பயற்றின் செல்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டினோடு பிணைந்து அதை இறுக்கிவிடுகின்றன. பயறு இளகாததற்கு அதுதான் காரணம். ஆகவே ஊறவைக்கவும் வேகவைக்கவும் ஆற்றுத் தண்ணீரையோ குடிப்பதற்கு வைத்திருக்கும் வடிகட்டிய தண்ணீரையோ பயன்படுத்துங்கள். 250 கிராம் ராஜ்மாவை ஒரு லிட்டர் தண்ணீரில் ஒரு மேசைக்கரண்டி கல்லுப்புப் போட்டு இரவு முழுவதும் ஊறவிடுங்கள். உப்புப் போட்டால் பயறு வேகாது என்று பெரியவர்கள் சொல்வதுண்டு. ஊறும் தண்ணீரைப் பொறுத்தவரை நடப்பது அதற்கு நேர்மாறானது. உப்பிலுள்ள சோடியம் தோலிலிருக்கும் கால்சியத்தின் இடத்தைப் பிடித்துக்கொள்வதால், தோல் வெடிக்காமல் மெதுவாக இளகுகிறது. காலையில் அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு நன்றாகக் கழுவிக்கொள்ளுங்கள்.

இங்கே ஓர் எச்சரிக்கை அவசியமாகிறது. ராஜ்மாவில் பைட்டோஹீமக்ளூட்டினின் என்னும் நச்சுப் புரதம் இருக்கிறது. அரைவேக்காட்டில் நான்கைந்து பயறு தின்றால்கூடச் சில மணி நேரத்தில் வாந்தியும் வயிற்றுப்போக்கும் வரக்கூடும். குறைந்த சூட்டில் மணிக்கணக்கில் வேகவைக்கும் மின்சாரப் பாத்திரங்களில் இந்த நச்சு அழியாமல் போகலாம் என்பதால், ஊறிய ராஜ்மாவை நேராக அவற்றில் போடவே கூடாது. திறந்த பாத்திரத்தில் செய்பவர்கள் முதலில் அரை மணி நேரம் தளதளவென்று கொதிக்கவிட வேண்டும். பிரஷர் குக்கரில் சூடு கொதிநிலையையும் தாண்டிப் போவதால் அந்தக் கவலை இல்லை. பன்றிக்கறியை நன்றாக வேகவைத்தே உண்ண வேண்டும் என்ற நாடாப்புழு அச்சத்துக்கும் அதுவே விடை.

இனிச் சமையல். ஐந்து லிட்டர் குக்கரில் கறியையும் அரைத் தேக்கரண்டி உப்பையும் அரை டம்ளர் தண்ணீரையும் சேர்த்து, மூடாமல், நடுத்தரத் தீயில் வையுங்கள். எண்ணெய் ஊற்ற வேண்டாம். முதலில் தண்ணீர் கொதிக்கும் சத்தம் கேட்கும். அது மெல்லச் சுண்டச் சுண்டக் கொழுப்பு உருகி இறங்கும். பிறகு சத்தம் மாறி, பொரியும் படபடப்பு வரும். அப்போதுதான் கரண்டியை எடுத்துத் துண்டுகளைத் திருப்பிவிட வேண்டும். இரண்டு பக்கமாவது பழுப்பேறட்டும். சட்டியின் அடியில் ஒட்டும் பழுப்பைச் சுரண்டி எறிந்துவிடாதீர்கள், சூப்பின் சுவையில் பாதி அதில்தான் இருக்கிறது. உருகிய கொழுப்பில் இரண்டு மேசைக்கரண்டி அளவை ஒரு கிண்ணத்தில் எடுத்து வைத்துக்கொண்டு, ஊறிய ராஜ்மா, பாதிப் பெரிய வெங்காயம், தட்டிய பூண்டு மூன்று பல், ஒன்றரை லிட்டர் தண்ணீர் ஆகியவற்றைச் சேர்த்து அடியைத் துழாவிவிட்டு மூடுங்கள். ஒரு விசில் வந்ததும் தீயைக் குறைத்து 25 நிமிடம் வைத்து, ஆவி தானாக அடங்கும் வரை காத்திருங்கள். திறந்ததும் ஒரு பயற்றை எடுத்து இரு விரல்களுக்கிடையே அழுத்திப் பாருங்கள். நடுவில் மாவுக் கட்டி எதுவும் தட்டுப்படாமல் வெண்ணெயாக நசுங்க வேண்டும். நசுங்காவிட்டால் மறுபடி மூடிப் பத்து நிமிடம் வையுங்கள். இந்த நிலையில் பொறுமை இழந்து அடுத்த கட்டத்துக்குப் போனால், அதன் பிறகு அந்தப் பயறு எளிதில் இளகாது. தக்காளியின் புளிப்பு ஏறியதும் பெக்டின் கரைவது மந்தமாகிவிடும் என்பதே அதற்குக் காரணம். எல்லாவற்றையும் தொடக்கத்திலேயே ஒன்றாகப் போட்டு மூடிவிடுவது நம் வழக்கமாகிவிட்டதால்தான் பலருக்கும் பீன்ஸ் ஏமாற்றம் தருகிறது.

குக்கர் அடுப்பில் இருக்கும் நேரத்தில் மிளகாய் விழுதைச் செய்துகொள்ளலாம். இந்தச் சூப்பில் நான் மிகவும் விரும்பும் பகுதி இதுதான், ஏனென்றால் மெக்ஸிகோக்காரர்களின் கைப்பக்குவம் முழுவதும் இதில் தெரிகிறது. ஐந்து காஷ்மீரி அல்லது பேடகி மிளகாயும், காரத்துக்கு நம் வழக்கமான வரமிளகாய் இரண்டும் எடுத்துக் காம்பையும் விதையையும் நீக்குங்கள். சூடான தோசைக்கல்லில் வைத்து ஒரு பக்கத்துக்குச் சில நொடிகள் மட்டும் அழுத்தி எடுக்க வேண்டும். தோல் சற்றே நிறம் மாறி மணம் கிளம்பியதும் எடுத்துவிடுங்கள், கருகினால் சூப்பு முழுவதும் கசந்துவிடும். அவற்றைக் கொதிநீரில் 20 நிமிடம் ஊறவிடுங்கள். அதே கல்லில் மூன்று நாட்டுத் தக்காளி, மீதிப் பாதி வெங்காயம், தோலோடு நான்கு பல் பூண்டு ஆகியவற்றை எண்ணெயில்லாமல் போட்டு, ஆங்காங்கே கரும்புள்ளி விழுந்து தக்காளி தளரும் வரை திருப்பித் திருப்பிச் சுடுங்கள். விறகடுப்பு வைத்திருப்பவர்கள் தக்காளியையும் வெங்காயத்தையும் தணலில் சுட்டெடுத்தால் இன்னும் சிறப்பு. மெக்ஸிகோவில் பழுத்த ஹலபெனோ மிளகாயைப் புகையில் உலர்த்திச் செய்யும் சிபோட்லே தரும் புகை மணத்துக்கு, நாம் வீட்டில் செய்யக்கூடியவற்றில் மிக அருகில் வருவது அதுவே. பூண்டின் தோலை உரித்துவிட்டு, ஊறிய மிளகாய், அரைத் தேக்கரண்டி சீரகம் ஆகியவற்றோடு எல்லாவற்றையும் மிக்ஸியில் நைசாக அரைத்து வடிகட்டிக்கொள்ளுங்கள். எடுத்துவைத்த பன்றிக் கொழுப்பை வாணலியில் காயவைத்து, விழுதை ஊற்றி, நிறம் அடர்ந்து ஓரங்களில் கொழுப்புப் பிரியும் வரை ஏழெட்டு நிமிடம் வதக்குங்கள். பச்சையாக ஊற்றினால் தக்காளிச் சாறு மிதப்பது தனியாகத் தெரியும்.

வதக்கிய விழுதைக் குக்கரில் சேர்த்து, ஒரு கரண்டிப் பயற்றை மட்டும் குக்கரின் ஓரத்திலேயே மசித்துவிட்டு, மூடாமல் 15 நிமிடம் மெல்லக் கொதிக்கவிடுங்கள். உப்பின் அளவை இப்போதுதான் சரிபார்க்க வேண்டும். சோளமாவோ மைதாவோ கரைத்து ஊற்ற வேண்டியதே இல்லை. மசிந்த பயறே போதிய திடத்தைத் தரும்.

குருமா மணம் வருவதாகச் சொன்னீர்கள். கரம் மசாலா, மல்லித்தூள், மஞ்சள்தூள், இஞ்சி, கறிவேப்பிலை ஆகியவற்றில் ஒன்றைக்கூட இதில் சேர்க்காதீர்கள். ஈரோட்டில் இருந்துகொண்டு மஞ்சளில்லாமல் கறி சமைப்பது மனத்துக்கு ஒப்பாமல் இருக்கலாம். ஆனாலும் வரமிளகாயையும் தேங்காயையும் கொண்டு, தூள் மசாலாவைப் பெரிதாக நம்பாமல் பள்ளிபாளையம் சிக்கன் செய்யும் நம் பக்கத்தவர்களுக்குக் குறைந்த பொருளில் கறியின் சுவையை வெளிக்கொண்டுவருவது புதிதில்லை. மூலிகை மணத்துக்கு ஆரிகனோ ஒரு தேக்கரண்டியை உள்ளங்கையில் கசக்கி, அடுப்பை அணைப்பதற்கு ஐந்து நிமிடம் முன்பாகத் தூவுங்கள். அது கிடைக்காவிட்டால் தொட்டியில் வளரும் கற்பூரவல்லி இலை இரண்டைப் பொடியாக நறுக்கிப் போடலாம். இரண்டிலும் கார்வக்ரால் என்னும் ஒரே வாசனைப் பொருள் இருப்பதால் ஒன்றின் இடத்தில் மற்றொன்று பொருந்திவிடுகிறது, ஆனால் கற்பூரவல்லி முனைப்பானது. இரண்டு இலைக்கு மேல் போனால் கசாயத்தை நினைவூட்டிவிடும். யுகடானில் கறுப்புப் பீன்ஸோடு சேர்க்கும் எபசோத்தே கீரை இங்கே கிடைக்காது, அதை விட்டுவிடலாம்.

பரிமாறும்போது மேலே போடுபவற்றை ஒதுக்கிவிடாதீர்கள். பொடியாக நறுக்கிய, வதக்காத வெங்காயம், கொத்தமல்லித்தழை, மெல்லிய முள்ளங்கி வில்லைகள், எலுமிச்சைச் சாறு ஆகியவைதான் கொழுப்பின் கனத்தைச் சமன்செய்கின்றன. நம் சந்தையில் விற்கும் மெல்லிய தோல் கொண்ட சிறு எலுமிச்சையும் மெக்ஸிகோக்காரர்கள் எல்லாவற்றின் மேலும் பிழியும் லிமோனும் ஒரே இனத்தைச் சேர்ந்தவை. எனவே இதில் மாற்றுப் பொருள் என்ற பேச்சுக்கே இடமில்லை. கொடைக்கானல் கீழ்மலையிலிருந்து பட்டர் புரூட் வரும் பருவமாக இருந்தால் இரண்டு கீற்று வைத்துக்கொள்ளலாம்.

தொட்டுக்கொள்ள மக்காச்சோள ரொட்டி செய்யலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். உடுமலை, பல்லடம் பக்கத்தில் மக்காச்சோளம் நிறைய விளைந்தாலும், வெறும் மக்காச்சோள மாவில் டோர்ட்டியா தட்ட வராது. மெக்ஸிகோவில் மக்காச்சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் வேகவைத்து ஊறவிட்டு, தோலைக் கழுவிவிட்டு அரைக்கிறார்கள். அப்படிச் செய்தால்தான் மாவு ஒட்டிக்கொண்டு திரளும். முதல் முறை செய்யும்போது அந்த வேலையையும் சேர்த்து இழுத்துப்போட்டுக்கொள்ள வேண்டாம். யுகடானில் போலவே வெள்ளைச் சோற்றோடு உண்ணுங்கள்.

மேற்சொன்ன அளவு ஐந்து பேருக்குப் போதும். மீந்ததை ஆறியவுடன் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தால், மறுநாள் மேலே கொழுப்பு வெள்ளையாக உறைந்திருக்கும். வேண்டாதவர்கள் அதில் பாதியைக் கரண்டியால் வழித்தெடுத்துவிடலாம். பயறு தண்ணீரை இழுத்துக்கொண்டு கெட்டியாகியிருக்கும் என்பதால் ஒரு டம்ளர் வெந்நீர் ஊற்றி, நன்றாகக் கொதி வரும் வரை சூடாக்குங்கள். எலுமிச்சையை அவரவர் கிண்ணத்தில் மட்டும் பிழிந்துகொள்ளுங்கள், சட்டியில் பிழிய வேண்டாம்.