துயரத்தைக் குப்பியில் அடைப்பது

அன்புள்ள ஐயா,

நான் ஒரு மாயக்கதை நாவல் எழுதிவருகிறேன். அதில் மனிதர்களின் துயரம் திரண்டு நீலநிறத் திரவமாகிறது. மந்திரவாதிகள் அதைக் குப்பிகளில் சேகரித்துப் போருக்குப் பயன்படுத்துகிறார்கள். அந்தத் திரவத்துக்குத் தமிழில் நல்ல பெயர் அமையவில்லை. நம் மரபில் இப்படியொரு கற்பனையே இல்லாததுதான் காரணமா?

க.

அன்புள்ள க.,

இல்லை என்று எழுதுவதற்கு முன் குறுந்தொகையை ஒருமுறை புரட்டியிருக்கலாம். நானூறு சொச்சம் பாடல்கள். பெரும்பாலானவை எட்டு அடியைத் தாண்டாதவை. அதற்குக்கூடப் பொறுமையில்லாமல் மரபைப் பற்றித் தீர்ப்பெழுத வந்துவிடுகிறீர்கள்.

பசலை என்று ஒன்று இருக்கிறது. பிரிவில் பிறந்து மேனியில் படர்வது. பீர்க்கம்பூவின் நிறம். அது வெறும் சோகை நோய் என்று விளக்குகிறவர்களை விட்டுத்தள்ளுங்கள். சங்கப் புலவர் வெள்ளிவீதியாரிடம் அது அழகைத் தின்கிறது. வள்ளுவரிடம் மேனிமேல் ஊர்கிறது. தழுவிக் கிடந்தவள் சற்றே புரண்டதும், "அவ்வளவில் அள்ளிக்கொள் வற்றே பசப்பு" என்கிறாள். பசப்பு என்றாலும் பசலைதான். கையால் அள்ளலாம் போல அவ்வளவு! உங்கள் நீலத் திரவத்துக்கு இந்தக் கனம் உண்டா?

ஆனால் நான் சொல்லவந்தது பரணரின் பாட்டை (குறுந்தொகை 399). ஊரார் நீருண்ணும் கேணியின் துறையில் படர்ந்த பாசி போன்றதாம் பசலை. காதலர் "தொடுவுழித் தொடுவுழி நீங்கி, விடுவுழி விடுவுழிப்" பரக்கிறது; தொடும்போதெல்லாம் விலகி, விடும்போதெல்லாம் பரவுகிறது. ஏன் இரண்டிரண்டு முறை? ஒருமுறை விலக்கினால் தீராது என்பதால். தொட்ட இடத்தில் மட்டும், தொட்ட நேரம் மட்டும் விலகும்.

போன வாரம் ஊருக்குப் போயிருந்தேன். எங்கள் குளத்தைச் சுற்றிக் கம்பிவேலி போட்டுவிட்டார்கள். வேலிக்கு வெளியே நின்றபோது அத்தையின் நினைவு வந்தது. மாமா ராணுவத்தில் இருந்தார். ஆண்டுக்கு ஒருமுறை விடுப்பில் வருவார். அவர் ரயிலேறிய மறுநாளே, "முகமே செத்துப்போயிற்றே" என்று பெண்கள் அத்தையைக் கேலி செய்வார்கள். அத்தை பதில் சொல்லாமல் படியிறங்கி, குடத்தின் அடியால் பாசியை மூன்றுமுறை தள்ளிவிட்டு நீர் மொள்ளுவாள். குடத்தை எடுப்பதற்குள் பாசி மூடிக்கொள்ளும். "ஏன் அத்தை திரும்பத் திரும்ப மூடுகிறது?" என்று கேட்டேன். "அதற்கு வேறென்ன வேலை" என்றாள். எனக்கு அப்போது எட்டு வயது. பரணரைப் படித்தது இருபது வயதுக்குப் பிறகு. அன்று இரவு தூங்கவில்லை.

இங்கேதான் உங்கள் கற்பனை எனக்கு எரிச்சலூட்டுகிறது. துயரம் ஓர் ஆளுக்குள் ஊறுகிறது, அதைக் கறந்து குப்பியில் அடைக்கலாம் என்று நினைக்கிறீர்கள். மாட்டுத் தொழுவமா அது? பசலை அவளுக்குள்ளும் இல்லை, அவனிடமும் இல்லை. கைக்கும் தோளுக்கும் நடுவே இடைவெளி விழுந்ததும் வருகிறது. அதை எந்த மந்திரவாதி சேகரிப்பான்? தொட்டால்தானே எடுக்க முடியும்! தொட்டால் போய்விடுமே?

அனுப்பிய அத்தியாயத்தில், கணவனை இழந்த கிழவி குப்பியைத் தர மறுக்கும் இடம் மட்டும் உயிரோடு இருக்கிறது. அவள் ஏன் மறுக்கிறாள் என்று உங்களுக்கே தெரியவில்லை. அதனால்தான் அது நன்றாக வந்திருக்கிறது. போர்க்காட்சிகளை நான் படிக்கவில்லை.

பெயரைக் கேட்டிருந்தீர்கள், இல்லையா? முதலில் அந்தக் கிழவியிடமிருந்து குப்பியை வாங்கிவிட்டு, அவளை வெறுங்கையோடு எழுதிப்பாருங்கள். பெயரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.