ஊறுகாய்ப் பரணி உடைந்தால்: பசைக்கு முன்னால் உப்பைக் கவனியுங்கள்

கேள்வி: பாட்டி காலத்துச் சீனப் பரணி ஒன்று, மேலே தவிட்டு நிறம், கீழே சந்தன நிறம். அடுக்களையைக் காலி செய்யும்போது கீழே விழுந்து, பெரிய உடல்பகுதி தவிர இரண்டு துண்டுகள் தனியே வந்துவிட்டன. வாய் விளிம்பில் நகம் அளவுக்கு ஒரு சில்லு காணவே இல்லை. அவசரத்தில் ஒரு துண்டை ஃபெவிக்விக் வைத்து ஒட்டினோம், கோணலாக நின்றுவிட்டது. அதை எடுத்துவிட்டுச் சரியாக ஒட்ட முடியுமா? மறுபடியும் உப்பு மாங்காய் போடலாமா? மீன்கறி வைக்கிற மண்சட்டியின் அடியிலும் ஒரு கீறல் இருக்கிறது, அதற்கும் வழி உண்டா?
(தக்கலையிலிருந்து ஒரு வாசகி)

பதில்: பரணியை ஒட்டலாம். மாங்காய் போடக் கூடாது. வீட்டு உபயோகத்துக்கு விற்கும் எப்பாக்ஸிப் பசைகள் (ரெசின், ஹார்டனர் என இரண்டைக் கலந்து இறுகவைப்பவை) உப்பும் புளிப்பும் எண்ணெயும் மாதக்கணக்கில் ஊறிக் கிடக்கும் இடத்துக்காகச் செய்யப்பட்டவை அல்ல. ஒட்டு எவ்வளவு நெருக்கமாக அமைந்தாலும் அந்த மயிரிழை இடுக்கில் பூஞ்சை குடியேறும், கழுவி எடுக்கவும் முடியாது. ஆகவே பார்வைக்கு வைக்கிற பொருளாக அதைச் சீர்செய்யப் போகிறோம் என்று முடிவு செய்துகொண்டு தொடங்குங்கள்.

முதல் வேலை ஃபெவிக்விக்கை எடுப்பது. இந்த வகைப் பசை சில நொடிகளில் பிடித்துவிடும், துண்டைத் திருத்தி வைக்க அவகாசம் தராது. ஈரக்காற்றில் நாளாக ஆக வலுவும் குறையும். அசிட்டோன் வாங்குங்கள். நகப்பூச்சு நீக்கியில் பலவற்றில் இப்போது அசிட்டோன் இல்லை, லேபிளைப் பார்க்க வேண்டும். ஒட்டின் மேல் நீளமாகப் பஞ்சு வைத்து, அசிட்டோனில் நனைத்து, பாலிதீன் தாளால் மூடிக் கட்டி அரைமணி நேரம் விடுங்கள். காய்ந்தால் திரும்ப நனையுங்கள். தானாக அசையும்வரை பொறுமை வேண்டும். கத்தியை நுழைத்து நெம்பினால் விளிம்பு தெறிக்கும், தெறித்த விளிம்பு திரும்ப வராது. சன்னல் திறந்திருக்க வேண்டும், அடுப்போ சாமிவிளக்கோ பக்கத்தில் எரியக் கூடாது. விடுபட்ட பிறகு, விளிம்பில் மிச்சமிருக்கும் பசையைப் பழைய பல்துலக்கும் பிரஷ்ஷும் அசிட்டோனும் கொண்டு மெதுவாக எடுங்கள்.

அடுத்தது, எல்லோரும் விட்டுவிடுகிற வேலை. உடைந்த விளிம்பில் ஒரு சொட்டுத் தண்ணீர் வைத்துப் பாருங்கள். அப்படியே முத்தாக நின்றால் களிமண் நன்றாக வெந்து இறுகியிருக்கிறது. சில நொடிகளில் உறிஞ்சிக்கொண்டால், பல வருட மாங்காய் உப்பையும் அது உறிஞ்சி வைத்திருக்கிறது என்று பொருள். பழைய பரணிகளில் இரண்டு வகையும் உண்டு. சாப்பாட்டு உப்பு காற்றின் ஈரப்பதம் சுமார் 75 சதவீதத்தைத் தாண்டும்போது கசிந்து நீராகும், அதற்குக் கீழே இறங்கும்போது மறுபடி படிகமாகும். குமரி மாவட்டத்தில் ஈரப்பதம் இந்தக் கோட்டுக்கு மேலும் கீழுமாகவே போய்வரும், தென்மேற்குப் பருவமழை, வடகிழக்குப் பருவமழை இரண்டும் நமக்கு உண்டு. ஒவ்வொரு முறை படிகமாகும்போதும் உப்பு உள்ளிருந்து தள்ளும். கண்ணாடிப் பூச்சு செதில் செதிலாக உரிவதும், நன்றாக ஒட்டிய இடம் இரண்டு மழைக்காலத்தில் வாய் பிளப்பதும் இதனால்தான். பழி பசை மேல் விழும், காரணம் உள்ளே இருக்கும்.

உப்பை எடுக்கும் முன் வெதுவெதுப்பான நீரிலும் பாத்திரம் கழுவும் திரவத்திலும் எண்ணெய்ப் பிசுக்கைப் போக்குங்கள். பிறகு பிளாஸ்டிக் வாளியின் அடியில் பழைய துவர்த்து விரித்து, துண்டுகள் ஒன்றோடொன்று உரசாமல் வைத்து, ஆர்.ஓ. தண்ணீரில் முழுக மூழ்கடியுங்கள். கடலோரக் கிணற்று நீர் வேண்டாம், அதிலேயே உப்பு இருக்கும். ஆர்.ஓ. எந்திரம் பழுது பார்ப்பவர்கள் தண்ணீரில் கரைந்திருக்கும் உப்பை அளக்கும், பேனா போன்ற டி.டி.எஸ். மீட்டர் ஒன்று வைத்திருப்பார்கள், விலை அதிகமில்லை, ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். ஊற்றும்போது அளவைக் குறியுங்கள், மறுநாள் மறுபடி பாருங்கள். எண் எகிறியிருந்தால் உப்பு வெளியே வருகிறது. தினமும் தண்ணீரை மாற்றுங்கள். இரண்டு நாள் தொடர்ந்து எண் ஏறக்குறைய அசையாமல் நின்றால் போதும். ஒரு வாரத்திலும் முடியலாம், மூன்று வாரமும் ஆகலாம். பூச்சு ஏற்கெனவே உரிந்துகொண்டிருக்கிற பரணியை மட்டும் ஊற வைக்காதீர்கள், பூச்சு வாளியோடு போய்விடும்.

உலர்த்துவதில் அவசரப்படுபவர்கள் அதிகம். வெயிலிலும் அடுப்பு மேலும் வைக்காமல், நிழலில் மின்விசிறிக் காற்றில் விடுங்கள். தொட்டால் காய்ந்ததுபோல இருக்கும், உள்ளே ஈரம் நிற்கும். சமையல் தராசில் ஒரு துண்டை நாள்தோறும் நிறுத்துப் பாருங்கள், எடை குறைவது நின்ற பிறகுதான் அது காய்ந்தது.

இனி பசை இல்லாமல் ஒருமுறை முழுதாகச் சேர்த்துப் பார்க்க வேண்டும். எந்தத் துண்டை முதலில் வைப்பது என்பதை இந்த ஒத்திகைதான் சொல்லும். வரிசை தப்பினால், கடைசித் துண்டு தன் இடத்துக்குள் நுழையவே நுழையாது. உங்கள் பரணியில் கழுத்துத் துண்டும் தோள் துண்டும் ஒன்றையொன்று கவ்வியிருந்தால், அவற்றை முதலில் ஒட்டி ஒரே துண்டாக்கி, பிறகு உடலோடு சேர்ப்பது ஒரு வழி. தோளை உடலில் வைத்துவிட்டுக் கழுத்தைச் செருகுவது மற்றொரு வழி. எது இடைவெளி இல்லாமல் அமர்கிறதோ அதையே எடுத்துக்கொண்டு, டேப்பில் எண் எழுதி ஒட்டி வையுங்கள். ஒட்டின் குறுக்கே நகத்தை இழுத்தால் எங்கும் தட்டக் கூடாது. முதல் ஒட்டில் அரை மில்லிமீட்டர் விலகினால் கடைசி ஒட்டில் அது பெருகி நிற்கும்.

தண்ணீரை உறிஞ்சும் வகையாக இருந்தால் விளிம்புகளுக்கு ஒரு தடுப்புப் பூச்சு தேவை. அருங்காட்சியகங்களில் பயன்படும் பாரலாய்ட் பி-72 என்ற அக்ரிலிக் மணிகள் இணையத்தில் கிடைக்கும். 10 கிராம் மணியை மெல்லிய துணியில் முடிந்து, 90 கிராம் அசிட்டோனில் தொங்கவிட்டு மூடி வைத்தால் ஓரிரவில் கரையும். நேராகக் கொட்டினால் அடியில் கட்டியாகிவிடும். விளிம்பில் ஒரே ஒருமுறை மெல்லிசாகத் தீட்டி ஒருநாள் காயவிடுங்கள். எப்பாக்ஸி மண்ணுக்குள் ஊறாமல் இது தடுக்கும். நாளைக்குப் பிரிக்க வேண்டி வந்தால் அசிட்டோன் இந்தப் படலத்தை இளக்கிக் கொடுக்கும். இதையே கெட்டியாகக் கரைத்துப் பசையாகவும் பயன்படுத்துவார்கள், சிறிய மண்பாண்டங்களுக்கு அருமையானது. ஆனால் சுமார் 40 டிகிரியில் இளகத் தொடங்கும் பொருள் அது. கனமான பரணியின் தோளை அதன் பொறுப்பில் விட்டால், கோடை மதியத்தில் ஒட்டு மெல்ல நழுவும்.

ஒட்டுவதற்கு அரால்டைட் ஸ்டாண்டர்ட் என்ற எப்பாக்ஸி போதும், ஐந்து நிமிட வகை வேண்டாம். ரெசினும் ஹார்டனரும் கன அளவில் சமபாகம், நிறுத்துப் போட்டால் 10-க்கு 8. சீக்கிரம் பிடிக்கட்டும் என்று ஹார்டனரைக் கூட்டுபவர்கள் உண்டு. வேகம் வராது, ஒட்டுதான் கெடும். டைல்ஸ் துண்டின் மேல் மூன்று நிமிடம் நன்றாகக் குழைத்து, ஒரு விளிம்பில் மட்டும், நடுக்கோட்டில், மெல்லிய நூல்போல வையுங்கள். பசை கூடினால் ஒட்டு தடிக்கும், தடித்தால் அடுத்த துண்டு சேராது. அழுத்தி நகத்தால் சோதித்துவிட்டு, செலோடேப்பை ஒட்டுக்குக் குறுக்காக இழுத்து, உள்ளேயும் வெளியேயும் ஒட்டுங்கள். ஒட்ட வேண்டிய துண்டு தன் எடையால் நேராகக் கீழே அமரும்படி பரணியை வாளி மணலில் சாய்த்துப் புதையுங்கள். மணவாளக்குறிச்சிப் பக்கத்துக் கருமணலோ வேறு கடல்மணலோ எடுக்காதீர்கள். இத்தனை நாள் எடுத்த உப்பு திரும்ப வந்து சேரும். ஆற்றுமணல் இல்லையென்றால் அரிசி நல்லது.

பிதுங்கிய பசையை உடனே துடைத்தால் ஒட்டெங்கும் இழுபடும். ரப்பர் பதத்துக்கு வரட்டும், பிளேடால் சீவி எடுக்கலாம். முழு வலுவுக்கு 24 மணி நேரம் ஆகும், மழைக்காலமென்றால் 48 மணி நேரம் விடுங்கள். ஈரக்காற்றில் எப்பாக்ஸியின் மேற்பரப்பு பிசுபிசுவென்று நிற்பதுண்டு. தை முதல் மாசிவரை இந்த வேலைக்கு நல்ல பருவம். ஆனி, ஆடிச் சாரலில் செய்தே ஆக வேண்டுமானால், மூடிய அறையில் பக்கத்தில் ஒரு குண்டு பல்பு எரியட்டும்.

காணாமல் போன சில்லுக்கு, அதே எப்பாக்ஸியில் டால்கம் பவுடரும் சிறிது டைட்டானியம் டை ஆக்ஸைடு என்ற வெள்ளை நிறப்பொடியும் குழைத்து, பிசையும் மாவு பதத்தில் வைத்து நிரப்புங்கள். உள்பக்கம் குழந்தைகளின் பிளாஸ்டிசினை அணைவாக வைக்கலாம். இறுகியதும் 400, 600, 1000 என வாட்டர் பேப்பரால் தேயுங்கள். சுற்றியுள்ள பூச்சை டேப்பால் மறைக்காவிட்டால் கீறல் விழும். நிறத்துக்கு அக்ரிலிக் பெயிண்ட், மேலே வார்னிஷ். ஒட்டிய இடம் தெரியவே கூடாது என்று பரணி முழுதும் பெயிண்ட் அடிப்பது வீண்வேலை, பழைய பூச்சும் போய்விடும்.

கிண்ட்சுகி (உடைந்த பாண்டத்தை அரக்கால் ஒட்டித் தங்கப்பொடி தூவும் ஜப்பானிய முறை) என்று செட்டுகள் விற்கிறார்களே, அவற்றில் பெரும்பாலும் எப்பாக்ஸியும் பித்தளைநிறப் பொடியும்தான், சாப்பாட்டுக்கு ஆகாது. உண்மையான ஜப்பானிய உருஷி அரக்கு ஈரமான வெப்பத்தில்தான் இறுகும், நம் ஊர்க் காற்று அதற்கு ஏற்றது. ஆனால் அது அண்டிப்பால், அதாவது முந்திரிக்கொட்டைப் பால் இனத்தது. அண்டி ஆபீசில் முந்திரி உரிக்கிற கைகள் புண்ணாவது போலவே இதுவும் தோலைப் பதம் பார்க்கும். ரப்பர் கையுறை இல்லாமல் தொட வேண்டாம்.

மீன் சட்டியை விட்டுவிடுங்கள். அடுப்புச் சூட்டில் வீட்டு எப்பாக்ஸி இளகும், அது கறியில் சேரும். கஞ்சித்தண்ணீர் காய்ச்சி ஊற வைத்தால் அடையும் என்பது நுண்துளைகளுக்கு மட்டுமே பொருந்தும், ஊடுருவிய கீறலுக்குப் பொருந்தாது. சந்தேகமிருந்தால் சட்டியைத் தொங்கவிட்டு விரல் முட்டியால் தட்டுங்கள். கணீரென்றால் கீறல் மேலோட்டமானது, அடுப்பைத் தணித்து வைத்துப் பழகலாம். டப்பென்று அமுங்கி ஒலித்தால் அது உள்ளே ஓடிவிட்டது, ஒருநாள் கொதிக்கிற கறியோடு பிளக்கும்.