ஸ்பெஷலிஸ்ட் நிலையில் நிற்கும் மகன்: அமெரிக்கத் தரைப்படையின் பதவி உயர்வுப் புள்ளிகள் குறித்து ஒரு தாய்க்கு

அன்புள்ள அம்மா அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் கடிதத்தையும், மகனின் ஒப்புதலோடு நீங்கள் இணைத்திருந்த புள்ளித்தாளையும் இரண்டு முறை நிதானமாகப் படித்தேன். கோயம்புத்தூரில் பி.இ. முடித்து, பச்சை அட்டையோடு அமெரிக்கா வந்து, தரைப்படையில் வாகனப் பழுதுநீக்குநராகச் சேர்ந்து மூன்றரை ஆண்டுகள் ஆன பிறகும் அவர் ஸ்பெஷலிஸ்டாகவே இருக்கிறார். அவரோடு பயிற்சி முகாமில் இருந்த, பள்ளிப்படிப்பு மட்டுமே முடித்த ஒருவர் அவருக்கு முன்பே சார்ஜென்ட் ஆகிவிட்டார். "என் பிள்ளையிடம் என்ன குறை?" என்று கேட்டிருக்கிறீர்கள். தாளைப் பார்த்தவரை அவரிடம் குறை எதுவும் எனக்குத் தெரியவில்லை. குறை தாளில்தான் இருக்கிறது. அதைச் சரிசெய்ய முடியும் என்பதால்தான் சற்று விரிவாக எழுதுகிறேன்.

முதலில் ஒரு விளக்கம். அமெரிக்கத் தரைப்படையில் தொடக்க நிலைகளான பிரைவேட், பிரைவேட் ஃபர்ஸ்ட் கிளாஸ், ஸ்பெஷலிஸ்ட் ஆகியவை பெரும்பாலும் பணிக்காலத்தைப் பொறுத்தே வந்து சேர்பவை. ஒழுங்காகப் பணியாற்றும் ஒருவர் பொதுவாக 24 மாதங்களில் ஸ்பெஷலிஸ்ட் ஆகிவிடுவார். இளநிலைப் பட்டம் உள்ளவர்கள் சேரும்போதே அந்த நிலையைப் பெறலாம் என்பதால்தான் உங்கள் மகன் முதல் நாளிலிருந்தே ஸ்பெஷலிஸ்டாக இருந்தார். அப்போது மற்றவர்களைவிட முன்னால் நின்றவர் இன்று அதே இடத்தில் நிற்பதைப் பார்க்கும்போது பின்தங்கிவிட்டதுபோல் தோன்றுவது இயல்பு. ஆனால் சார்ஜென்ட், ஸ்டாஃப் சார்ஜென்ட் என்னும் அடுத்த இரண்டு நிலைகளுக்கும் காலம் மட்டும் போதாது. அங்கே நடப்பது வேறு கணக்கு.

அந்தக் கணக்கின் பாதி அவருடைய படைப்பிரிவின் கையில் இருக்கிறது. மறுபாதி கென்டக்கி மாநிலத்து ஃபோர்ட் நாக்ஸில் உள்ள மனிதவளத் தலைமையகத்தின் கையில் இருக்கிறது. படைப்பிரிவில் மூத்த சார்ஜென்ட்கள் அடங்கிய குழு ஒன்று வீரரை நேரில் அழைத்து, சீருடையையும் நடையையும் பார்த்து, கேள்விகள் கேட்டு, பரிந்துரைக்கலாமா வேண்டாமா என்று மட்டும் முடிவு செய்யும். முன்பெல்லாம் அந்தக் குழுவும் கட்டளை அதிகாரியும் தாங்களே புள்ளிகள் வழங்குவார்கள். 2011-இல் முறை மாறியது. இப்போது குழு சொல்வது 'தகுதி உண்டு' அல்லது 'இல்லை' என்பது மட்டுமே. புள்ளிகள் முழுவதும் ஆவணங்களிலிருந்து கணக்கிடப்படுகின்றன. இதனால் உள்ளூர் அதிகாரியின் விருப்பு வெறுப்புக்கு இடம் குறைந்தது. அதே சமயம், ஆவணத்தில் ஏறாத தகுதி இல்லாத தகுதிக்குச் சமம் என்ற நிலையும் வந்தது. உங்கள் மகனுக்கு நேர்ந்திருப்பது இந்த இரண்டாவது விளைவுதான்.

மொத்தப் புள்ளிகள் 800. இவை நான்கு தலைப்புகளில் வருகின்றன: துப்பாக்கிச் சுடுதலும் உடற்தகுதியும் சேர்ந்த படைப்பயிற்சி, விருதுகளும் பதக்கங்களும், படைக்கல்வி, பொதுக் கல்வி. ஒவ்வொரு தலைப்புக்கும் ஓர் உச்ச வரம்பு உண்டு. சார்ஜென்ட் பதவிக்கு ஒரு வரம்பு, ஸ்டாஃப் சார்ஜென்ட் பதவிக்கு வேறொரு வரம்பு. விதிகள் அவ்வப்போது திருத்தப்படுவதால், மகன் தம் கணக்கைத் தொடங்கும் முன் நடப்பு விதிமுறையான ஏ.ஆர். 600-8-19-ஐ ஒருமுறை பார்த்துக்கொள்ளட்டும்.

அடுத்தது, நம் வீடுகளில் எல்லோருக்கும் பழக்கமான 'கட்-ஆஃப்'. பொறியியல் கலந்தாய்வில் கணிதத்துக்கு 100, இயற்பியலுக்கு 50, வேதியியலுக்கு 50 என்று 200-க்குக் கணக்கிட்டு, எந்தக் கல்லூரி எந்த மதிப்பெண்ணில் நின்றது என்று பார்த்தோமே, ஏறத்தாழ அதே முறைதான் இதுவும். ஒவ்வொரு மாதமும், வாகனப் பழுதுநீக்கம் போன்ற ஒவ்வொரு தொழில்வகைக்கும், அதாவது பணிப்பிரிவுக்கும், தனித்தனியே ஒரு கட்-ஆஃப் வெளியாகும். அதை எட்டியவர் பதவி உயர்வு பெறுவார். எட்டாதவர் அடுத்த மாதத்தை எதிர்நோக்கியிருப்பார். கலந்தாய்வு மதிப்பெண் ஒருமுறை முடிவானால் முடிவானதுதான். இங்கே மாதந்தோறும் புள்ளியைக் கூட்டிக்கொள்ளலாம். அந்த வகையில் இது நம் பிள்ளைகளுக்குச் சாதகமான முறை.

அந்தக் கட்-ஆஃபை முடிவு செய்வது வீரர்களின் திறமை அன்று, காலியிடங்களின் எண்ணிக்கை. சார்ஜென்ட்கள் குறைவாக உள்ள பணிப்பிரிவில் கட்-ஆஃப் தரையில் கிடக்கும். நிரம்பி வழியும் பிரிவில் 798-க்கு ஏறிவிடும். 798 என்று வந்தால், அந்த மாதம் அந்தப் பிரிவின் கதவு அடைக்கப்பட்டது என்று பொருள். உங்கள் மகனின் நண்பர் வேறு பணிப்பிரிவில் இருப்பவர் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் இருவரின் நிலையையும் ஒப்பிடுவதற்கு அடிப்படையே இல்லை. மின்னியல் பிரிவுக்கும் ஜவுளிப் பிரிவுக்கும் ஒரே கட்-ஆஃபை வைத்து யாரும் பேச மாட்டார்கள் அல்லவா? அந்த நண்பரின் பெயரைத் தயவுசெய்து மகனிடம் இனி எடுக்காதீர்கள். நான் பார்த்த பல குடும்பங்களில் பிள்ளை தொலைபேசியை எடுப்பதையே தவிர்க்கத் தொடங்கியது இப்படியான ஒப்பீட்டுக்குப் பிறகுதான்.

இனி உங்கள் மகனின் தாளுக்கு வருகிறேன். மொத்தம் 262 புள்ளிகள். வரிவரியாகக் கீழே வந்தால், பொதுக் கல்வி என்ற தலைப்புக்கு எதிரே சுழியம் இருக்கிறது. நான்கு ஆண்டுகள் படித்து பி.இ. வாங்கிய ஒருவருக்குச் சுழியம்! அதைப் பார்த்ததும் நான் தாளை மேசையில் வைத்துவிட்டேன்.

பொதுக் கல்வியில் கல்லூரிப் பாடத்தின் ஒவ்வொரு செமஸ்டர் மணிக்கும் (ஒரு செமஸ்டர் முழுவதும் வாரம் ஒரு மணி நேரம் நடக்கும் வகுப்பின் அளவு) 2 புள்ளிகள் தரப்படுகின்றன. சார்ஜென்ட் பதவிக்கு இந்தத் தலைப்பின் வரம்பு 135, ஸ்டாஃப் சார்ஜென்டுக்கு 160. அமெரிக்க இளநிலைப் பட்டம் ஒன்று ஏறத்தாழ 120 செமஸ்டர் மணிகள் கொண்டது. அதற்கு நிகரானதாக நம் பி.இ. மதிப்பிடப்பட்டால் கணக்குப்படி 240 வரும். வரம்பு இருப்பதால் 135 முழுமையாகக் கிடைக்கும். 262-ஓடு 135-ஐக் கூட்டினால் 397. ஒரு தோட்டாவும் சுடாமல், ஓர் அடியும் ஓடாமல், ஏற்கெனவே அவர் உழைத்துப் பெற்ற கல்வியை ஏட்டில் ஏற்றுவதால் மட்டுமே வரக்கூடிய உயர்வு இது. படையில் இருக்கும்போதே முடித்த பட்டத்துக்குத் தனியாகக் கூடுதல் புள்ளிகள் உண்டு. சேர்வதற்கு முன் வாங்கிய பட்டத்துக்கு அவை பொருந்தா. ஆனால் செமஸ்டர் மணிகள் பொருந்தும்.

"பட்டத்தைப் பார்த்துத்தானே ஸ்பெஷலிஸ்டாகச் சேர்த்தார்கள், பிறகு எப்படிச் சுழியம் வரும்?" என்று நீங்கள் கேட்பீர்கள். ஆள்சேர்ப்பின்போது காட்டிய சான்று ஆள்சேர்ப்புக் கோப்பில் இருக்கும். புள்ளிகளைக் கணக்கிடும் ஐ.பி.பி.எஸ்.-ஏ என்னும் கணினி முறையில் செமஸ்டர் மணிகளாக அது தானே போய் உட்கார்ந்துவிடாது. வெளிநாட்டுப் பட்டமாக இருந்தால், அங்கீகாரம் பெற்ற மதிப்பீட்டு நிறுவனம் ஒன்று பாடம் பாடமாக ஆராய்ந்து, அமெரிக்க முறையில் இத்தனை செமஸ்டர் மணிகளுக்குச் சமம் என்று அறிக்கை தர வேண்டும். 'நேசஸ்' கூட்டமைப்பில் உறுப்பினராக உள்ள நிறுவனங்கள் இதைச் செய்கின்றன. பட்டம் சமமானது என்று மட்டும் சொல்லும் பொது மதிப்பீட்டை வாங்கிவிட வேண்டாம். பாடவாரி மதிப்பீட்டைக் கேட்டு வாங்குங்கள். மணிக்கணக்கு அதில்தான் இருக்கும்.

அந்த அறிக்கை வந்ததும் மகன் அதைத் தம் முகாமின் கல்வி மையத்துக்கும், தம் படைப்பிரிவில் ஆவணங்களைக் கவனிக்கும் எஸ்-1 அலுவலகத்துக்கும் கொண்டுபோக வேண்டும். கொடுத்துவிட்டு வந்தால் மட்டும் போதாது. புள்ளித்தாளை மீண்டும் திறந்து, சுழியம் மாறிவிட்டதா என்று தம் கண்ணால் பார்க்கும்வரை விடக்கூடாது. சில ஆண்டுகளுக்கு முன் என்னிடம் வந்த ஓர் இளைஞர், சாதனைப் பதக்கம் ஒன்றைச் சட்டமிட்டுச் சுவரில் மாட்டி வைத்திருந்தார். அதற்குரிய ஆணை அவருடைய கோப்பில் ஏறவே இல்லை. பதினோரு மாதங்கள் அந்த 10 புள்ளிகள் சுவரிலேயே தொங்கிக்கொண்டிருந்தன.

விருதுகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். பாராட்டுப் பதக்கத்துக்கு 20, சாதனைப் பதக்கத்துக்கு 10, மூன்று ஆண்டுகள் ஒழுக்கத்தோடு பணியாற்றியதற்கான நன்னடத்தைப் பதக்கத்துக்கு 10 என்று கணக்கு. உங்கள் மகன் மூன்றாண்டைக் கடந்துவிட்டார். தாளில் நன்னடத்தைப் பதக்கம் இல்லை. அதையும் அவர் எஸ்-1-இல் கேட்க வேண்டும். மற்ற விருதுகள் பிறர் கொடுத்து வருபவை. அவற்றை எதிர்பார்த்துத் திட்டமிட முடியாது.

துப்பாக்கிச் சுடுதலில் கவனம் தேவை. 50 மீட்டரிலிருந்து 300 மீட்டர் வரை எழுந்து மறையும் இலக்குகள் 40, தோட்டாக்களும் 40. 36-உம் அதற்கு மேலும் வீழ்த்தினால் 'எக்ஸ்பர்ட்'. 30 முதல் 35 வரை 'ஷார்ப்ஷூட்டர்'. 23 முதல் 29 வரை 'மார்க்ஸ்மேன்'. புள்ளிகள் இந்தப் பெயர்களைப் பார்த்து வருவதில்லை, வீழ்த்திய எண்ணிக்கையைப் பார்த்து வருகின்றன. நாற்பதையும் வீழ்த்தினால் சார்ஜென்ட் பதவிக்கு 160 புள்ளிகள் முழுமையாகக் கிடைக்கும். உங்கள் மகன் 31 என்று எடுத்திருக்கிறார். தேர்ச்சி பெற்றாயிற்று என்று பலர் இங்கேதான் நின்றுவிடுகிறார்கள். பணிமனையில் வேலை செய்பவருக்குச் சுடுதளம் ஆண்டில் சில நாட்களே வாய்க்கும். எனவே அந்த நாட்களுக்கு முன்பு, தோட்டா இல்லாத பயிற்சியாக மூச்சையும் விசையையும் கட்டுப்படுத்தப் பழகுவதும், நன்றாகச் சுடும் ஒரு சார்ஜென்டிடம் தாம் சுடும் நிலையைக் காட்டித் திருத்திக்கொள்வதும் பலன் தரும்.

உடற்தகுதித் தேர்வு 2025 ஜூன் 1 முதல் ஏ.எஃப்.டி. (ஆர்மி ஃபிட்னஸ் டெஸ்ட்) என்று மாறியிருக்கிறது. எடை தூக்குதல், கை விடுவித்து எடுக்கும் தண்டால், ஓட்டமும் இழுத்தலும் சுமத்தலும் சேர்ந்த சுற்று, முழங்கைகளை ஊன்றி உடலை நேராகத் தாங்கும் பிளாங்க், இரண்டு மைல் ஓட்டம் என ஐந்து நிகழ்வுகள். ஒவ்வொன்றுக்கும் 100 வீதம் மொத்தம் 500. உங்கள் மகனுக்கு ஓட்டத்தில்தான் மதிப்பெண் குறைகிறது. வாரத்தில் மூன்று நாள் முறையாக ஓடினால் சில மாதங்களில் மாற்றம் தெரியும். இதில் இன்னொரு விஷயமும் உண்டு. இந்தத் தேர்வில் தோற்றாலோ, உடல் எடை வரம்பை மீறினாலோ, குடித்துவிட்டு வாகனம் ஓட்டியதுபோன்ற குற்றத்தில் சிக்கினாலோ, அவர்மீது தடைக்குறி ஒன்று விழும். அது நீங்கும்வரை 800 புள்ளிகள் இருந்தாலும் பதவி உயர்வு கிடையாது.

படைக்கல்வியில் இணையவழிப் பாடங்கள் உண்டு. அலுப்பூட்டுபவைதான், ஆனால் மாலை நேரங்களில் அறையில் இருந்தபடியே முடிக்கக்கூடியவை. சார்ஜென்ட் ஆவதற்கு 22 நாள் கொண்ட அடிப்படைத் தலைமைப் பயிற்சியும் தேவை. இடம் கிடைக்கும் முதல் வாய்ப்பிலேயே போய்விட வேண்டும். வீட்டு விசேஷத்துக்காக அதைத் தள்ளிப்போடச் சொல்லாதீர்கள். மேலும், வாகனப் பழுதுநீக்குநர்களுக்குரிய ஏ.எஸ்.இ. சான்றிதழ்களுக்கும் வழி இருக்கிறது. 'ஆர்மி கூல்' இணையதளத்தில் எந்தெந்தச் சான்றிதழுக்குப் புள்ளி உண்டு என்று குறியிட்டிருப்பார்கள். பொதுக் கல்வியின் வரம்பைப் பட்டமே நிரப்பிவிடும் என்றாலும், படையை விட்டு வெளியே வரும் நாளில் அந்தச் சான்றிதழ்கள் வேலை வாங்கித் தரும் என்பதால் நான் அவற்றை வலியுறுத்துவேன்.

கட்டளை அதிகாரியைத் தொலைபேசியில் அழைத்துப் பேசலாமா என்று கேட்டிருந்தீர்கள். வேண்டாம் அம்மா. அது மகனுக்குத் தலைகுனிவாக முடியும். தகுதிக்காலம் நிரம்பியும் பரிந்துரைக்கப்படாத வீரரை அழைத்து, எதில் குறை, எப்படிச் சரிசெய்வது என்று எழுத்துமூலம் ஆலோசனை வழங்கும் கடமை அவருடைய நேரடி மேலாளருக்கு இருக்கிறது. அந்த ஆலோசனைத் தாளை மரியாதையோடு கேட்டுப் பெறும் உரிமை மகனுக்கு உண்டு. கேட்க வேண்டியவர் அவர்தான்.

ஆனால் உங்களால் மட்டுமே விரைவாக ஆகக்கூடிய வேலை ஒன்று இருக்கிறது. பாடவாரி மதிப்பீட்டுக்கு, பல்கலைக்கழகத் தேர்வுக் கட்டுப்பாட்டாளர் அலுவலகத்திலிருந்து அதிகாரபூர்வ மதிப்பெண் பதிவேட்டுப் படி தேவைப்படும். வீட்டில் இருக்கும் மதிப்பெண் பட்டியலின் நகல் செல்லாது. விண்ணப்பத்தையும் கட்டணத்தையும் மகன் இணையவழியே செலுத்தினாலும், அங்கே போய்க் கேட்டுத் தொடர்ந்து விசாரிக்க ஊரில் ஓர் ஆள் வேண்டும். உங்கள் தம்பி கோயம்புத்தூரில் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். மகன் கையெழுத்திட்ட அதிகாரக் கடிதம் ஒன்று, அவருடைய பதிவெண், எட்டு செமஸ்டர்களின் மதிப்பெண் பட்டியல் நகல்கள், பட்டச் சான்றின் நகல் ஆகியவற்றை இந்த வாரமே அவருக்கு அனுப்புங்கள். சான்றிதழில் உள்ள பெயரும் படைக் கோப்பில் உள்ள பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்கின்றனவா என்று முதலில் ஒப்பிட்டுப் பாருங்கள். நம் ஊரில் முன்னெழுத்தாக இருந்த தந்தை பெயர் அமெரிக்காவில் குடும்பப் பெயராக விரிந்திருக்கும். பெரும்பாலான தாமதங்கள் அந்த இடத்தில்தான் நேருகின்றன. மாறியிருந்தால், கடவுச்சீட்டு நகலையும் சேர்த்தே அனுப்பிவிடுங்கள். மதிப்பீட்டு அறிக்கை கைக்கு வந்ததும் எனக்கு ஒரு படி அனுப்பினால், எஸ்-1 அலுவலகத்தில் மகன் கொடுக்க வேண்டிய விண்ணப்பத்தை அவரோடு உட்கார்ந்து நானே சரிபார்த்துத் தருகிறேன்.

அன்புடன்,
உங்கள் ஆலோசகர்