இந்தி சரியாகத் தெரியாத தமிழர் இந்தி சினிமாவில் எடிட்டர் ஆக முடியுமா?

முடியும். சென்னையில் இருந்துகொண்டே பல மொழிப் படங்களுக்கு வேலை பார்க்கும் ஸ்ரீகர் பிரசாத் தேசிய விருது வாங்கிய படங்களில் ஒன்று 'ராக்' என்ற இந்திப் படம். 2001இல் வந்த 'தில் சாஹ்தா ஹை'யும் அவர் எடிட் செய்ததுதான். "அவர் தெலுங்குக்காரர், அப்பாவும் எடிட்டர்" என்று யாராவது சண்டைக்கு வருவீர்கள். தெரியும். மொழி வேலையைத் தடுக்காது என்பதற்குத்தான் அவரைச் சொன்னேன். எதிர்த்திசையிலும் நடந்திருக்கிறது. 'ஹே ராம்' எடிட்டர் ரேணு சலூஜா இந்தி சினிமாக்காரர்.

நீங்கள் ஏதோ ஒரு கோர்ஸில் சாப்ட்வேர் கற்றுக்கொண்டு, அடுத்து மும்பை ரயில்தான் என்று உட்கார்ந்திருக்கிறீர்கள் என நினைக்கிறேன். அங்கே முதலில் கிடைப்பது அசிஸ்டென்ட் வேலை. நான் அந்தேரியில் அதைத்தான் பார்த்தேன். எடிட்டர் ஆகவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். ராத்திரி ஷூட்டிங்கிலிருந்து ஹார்ட் டிஸ்க் வரும். ஷாட் தொடங்கும்போது தட்டும் கிளாப் பலகையைப் பார்த்து சவுண்டைப் பொருத்தி, சீன் வாரியாகப் பிரித்து வைக்க வேண்டும். காலையில் எடிட்டர் வந்து உட்காரும்போது "அந்த டேக் எங்கே?" என்று கேட்கும்படி இருக்கக் கூடாது.

அப்போது என் இந்தி ஆட்டோக்காரரிடம் பேசும் அளவுதான். ஒரு சாப்பாட்டு மேஜைக் காட்சி. வேலையை விட்டுவிட்டதாக மகன் அம்மாவிடம் சொல்கிறான். எல்லா டேக்கிலும் மகன் பிரமாதமாக அழுதார், எடிட்டரும் அதையே திருப்பித் திருப்பி ஓட்டிக்கொண்டிருந்தார். அம்மாவின் குளோசப் ஒன்றில், ரொட்டியைப் பிய்த்துக்கொண்டிருந்த கை, மகன் வாக்கியத்தை முடிப்பதற்கு ஒரு நொடி முன்னாலேயே நின்றுவிடும். இந்தியிலும் நம்மைப் போல வினை கடைசியில்தானே வரும்? 'விட்டுவிட்டேன்' வருவதற்குள் அவளுக்குப் புரிந்துவிட்டது. தயங்கித்தான் காட்டினேன். படத்தில் இருப்பது அந்தக் கைதான், அழுகை போய்விட்டது. தற்பெருமை என்றால் இருந்துவிட்டுப் போகட்டும், டைட்டிலில் என் பெயரே வரவில்லை.

பெயருக்காக வருவதென்றால் யோசித்துக்கொள்ளுங்கள். 'ஷோலே'வுக்கு அந்த வருஷம் கிடைத்த ஒரே ஃபிலிம்பேர் விருது எடிட்டிங்குக்கு. கப்பர் சிங் வசனத்தை மனப்பாடமாகச் சொல்பவர்களிடம் எம். எஸ். ஷிண்டே யார் என்று கேட்டுப் பாருங்கள்.

அப்புறம், கேட்காத ஒன்றையும் சொல்கிறேன். மும்பையில் வீடு தேடும்போது சினிமா என்று வாயைத் திறக்காதீர்கள். கல்யாணம் ஆகாதவன், மீன் சாப்பிடுகிறவன் என்பதற்கே அடுக்குமாடிக் குடியிருப்பு சொசைட்டியின் செயலாளர் முகம் சுளிப்பார். சினிமா என்றால் கதவே சாத்தப்படும். என்னோடு வீடு பார்க்க வந்த நண்பன் கால் சென்டரில் வேலை என்றான், அன்றைக்கே சாவி கிடைத்தது. விடியற்காலை மூன்று மணிக்கு வீடு திரும்புவது அவனும்தான். புரோக்கருக்கு மட்டும் இந்தப் பாகுபாடெல்லாம் கிடையாது, இரண்டு பேரிடமும் கமிஷன் வாங்கிக்கொண்டார்.