படகில் தங்கம் வந்தால் அது பயங்கரவாத வழக்கா?

கேள்வி: மண்டபம் பக்கத்துக் கடற்கரை ஊர் எங்களுடையது. சொந்தமாக ஒரு ஃபைபர் படகு வைத்திருக்கிறேன். தொழிலுக்கு என்று சொல்லி மச்சான் மகன் அதை வாங்கிக்கொண்டு போனான். நடுக்கடலில் அக்கரைப் படகிலிருந்து தங்கத்தை மாற்றி ஏற்றி வந்தான் என்று பிடித்துவிட்டார்கள். படகும் போய்விட்டது. எனக்குச் சுங்கத்துறை சம்மன் வந்திருக்கிறது. ‘தீவிரவாத கேஸ் போட்ருவாங்க, ஜாமீனே கிடைக்காது’ என்று ஊரில் பேசுகிறார்கள். சட்டம் எதைத்தான் பயங்கரவாதம் என்கிறது? எல்லை தாண்டியதாக இலங்கைச் சிறையில் இருக்கும் எங்கள் ஆட்கள் மேல் அந்த நாட்டுப் பயங்கரவாதச் சட்டம் பாயுமா?

பதில்: பையனை நீதிமன்றத்தில் நிறுத்தியபோது கொடுத்த கைதுக் குறிப்பையும் ரிமாண்ட் அறிக்கையையும் வக்கீல் மூலம் வாங்கிப் பாருங்கள். சுங்கச் சட்டம் 1962, பிரிவு 104, 135 என்று மட்டும் இருந்தால் அது கடத்தல் வழக்கு. தங்கத்தின் சந்தை மதிப்பு 1 கோடி ரூபாயைத் தாண்டியிருந்தால் 7 ஆண்டு வரை சிறை உண்டு, அதை லேசாக நினைக்க வேண்டாம். ஆனால் அது பயங்கரவாத வழக்கு ஆகாது. ‘உபா’ என்று பத்திரிகைகள் எழுதும் சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்டம் 1967-இன் 16 முதல் 21 வரையான பிரிவுகளோ, பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 113-ஓ அதில் இருந்தால்தான் ஊர் சொல்வதில் பொருள் இருக்கிறது. 113 என்பது 2024 ஜூலை 1 முதல் நடப்புக்கு வந்தது. ஒரே செயலுக்கு இரண்டு சட்டங்கள் இருப்பதால் எதில் வழக்குப் பதிவது என்பதை எஸ்.பி. நிலைக்குக் குறையாத அதிகாரி முடிவு செய்ய வேண்டும் என்று அந்தப் பிரிவே சொல்கிறது. அவர் எதைத் தேர்ந்தெடுக்கிறார் என்பது உங்களுக்கு முக்கியம். உபாவில் இருக்கும் ஜாமீன் தடை 113-இல் எழுதப்படவில்லை.

உபாவின் 15-ஆம் பிரிவுதான் ‘பயங்கரவாதச் செயல்’ என்பதற்கு விளக்கம் தருகிறது. அதில் இரண்டு பாதி உண்டு. ஒன்று நோக்கம்: நாட்டின் ஒற்றுமை, ஒருமைப்பாடு, பாதுகாப்பு, பொருளாதாரப் பாதுகாப்பு, இறையாண்மை ஆகியவற்றுக்கு அச்சுறுத்தல் விளைவிப்பது, அல்லது மக்களிடையே பீதி உண்டாக்குவது. மற்றது வழியும் விளைவும்: குண்டு, துப்பாக்கி, விஷவாயு முதலியவற்றாலோ ‘வேறு எந்த வகையான வழியாலோ’ உயிர்ச்சேதம், பொருட்சேதம், அத்தியாவசியச் சேவைகள் முடங்குவது போன்றவை. இரண்டு பாதியும் சேர்ந்தால்தான் குற்றம்.

இந்தப் பிரிவில் பயப்பட வேண்டிய இடம் குண்டு, துப்பாக்கி பற்றிய வரிகள் அல்ல. ‘அச்சுறுத்தும் நோக்கத்தோடு’ என்ற சொற்களுக்குப் பக்கத்திலேயே ‘அல்லது அச்சுறுத்தக்கூடிய’ என்று ஒரு சேர்க்கை இருக்கிறது. எனக்கு அப்படி எண்ணமே இல்லை என்று ஒருவன் சொன்னாலும், அவன் செயலுக்கு அப்படியொரு விளைவு வரக்கூடும் என்று அரசுத் தரப்பு வாதாட அந்த ஒரு சொல் இடம் கொடுக்கிறது. ‘வேறு எந்த வகையான வழியாலும்’ என்பதும் வாய் அகன்ற வலைதான்.

தங்கக் கடத்தலை இந்தப் பிரிவுக்குள் இழுக்க உதவியது 2012-ஆம் ஆண்டுத் திருத்தம். ‘பொருளாதாரப் பாதுகாப்பு’ என்ற சொல்லும், உயர்தரக் கள்ளநோட்டைக் கடத்திப் பணமதிப்பைக் குலைப்பது என்ற உட்பிரிவும் அப்போது சேர்ந்தன. தங்கத்தைக் கடத்தினாலும் பொருளாதாரம் பாதிக்கும்தானே என்பது புலனாய்வுத் தரப்பின் வாதம். திருவனந்தபுரம் விமான நிலையத் தங்க வழக்கில் கேரள உயர் நீதிமன்றம் 2021 பிப்ரவரியில் இதை ஏற்கவில்லை. அந்த உட்பிரிவு கள்ளநோட்டைப் பற்றியது, வெறும் தங்கக் கடத்தல் அதற்குள் வராது, அதற்குச் சுங்கச் சட்டம் இருக்கிறது என்றது. ராஜஸ்தான் உயர் நீதிமன்றமோ இன்னொரு தங்க வழக்கில், பொருளாதாரப் பாதுகாப்பைக் குலைக்கும் நோக்கம் இருந்தால் உபா பொருந்தலாம் என்று சொல்லி வழக்கை ரத்து செய்ய மறுத்தது. ஆகவே ‘தங்கத்துக்கு உபா வரவே வராது’ என்று யாராவது அடித்துச் சொன்னால் நம்ப வேண்டாம். வந்தால் எதிர்த்து வாதாடக் கேரளத் தீர்ப்பு நல்ல கருவி, அவ்வளவே.

நடைமுறையில் கடத்தலைப் பயங்கரவாதமாக மாற்றுவது கூடவே வரும் சரக்கும், பணம் போய்ச் சேரும் இடமும்தான். 2021 மார்ச்சில் மினிக்காய் அருகே கடலோரக் காவல்படை மடக்கிய இலங்கைப் படகில் 300 கிலோ ஹெராயினோடு 5 ஏகே-47 துப்பாக்கிகளும் இருந்தன. ஹெராயின் மட்டும் என்றால் போதைப்பொருள் வழக்கோடு நின்றிருக்கும். துப்பாக்கி இருந்ததால் தேசியப் புலனாய்வு முகமை, அதாவது என்ஐஏ, உள்ளே வந்தது, உபாவும் வந்தது. அதேபோல் தடைசெய்யப்பட்ட அமைப்புக்குப் பணம் போகிறது என்று காட்டினால் நிதி திரட்டல் பற்றிய 17-ஆம் பிரிவும், உதவி செய்தல் பற்றிய 18-ஆம் பிரிவும் வரும். இரண்டுக்கும் 5 ஆண்டு முதல் ஆயுள் வரை தண்டனை. நம் கரையில் இது வெறும் ஏட்டுப் பேச்சு அல்ல. 1992-இல் தடைசெய்யப்பட்ட விடுதலைப் புலிகள் அமைப்பு உபாவின் முதல் அட்டவணையில் இன்னும் இருக்கிறது. 2024 மே மாதம் தடை மேலும் 5 ஆண்டுக்கு நீட்டிக்கப்பட்டது.

படகுக்காரர்களுக்கு ஒரு சிக்கலைத் தனியாகச் சொல்ல வேண்டும். 18, 19-ஆம் பிரிவுகளில் ‘தெரிந்தே’ உதவினால், ‘தெரிந்தே’ அடைக்கலம் கொடுத்தால் என்றுதான் இருக்கிறது. விவரம் தெரியாமல் படகைக் கொடுத்தவர் அதற்குள் வரமாட்டார். ஆனால் 43ஈ பிரிவின்படி பயங்கரவாதச் செயலுக்குப் பயன்பட்ட வாகனத்தில் ஒருவர் கைரேகை இருந்தால், அவர் அந்தக் குற்றத்தைச் செய்ததாக நீதிமன்றம் அனுமானித்துக்கொள்ளும். இல்லை என்று அவர்தான் காட்ட வேண்டும். சொந்தப் படகில் சொந்தக்காரன் கைரேகை இல்லாமல் வேறு யாருடையது இருக்கும்? அதனால் படகை யாருக்குக் கொடுத்தாலும் தேதி, நேரம், காரணம் எழுதிக் கையெழுத்து வாங்கிய ஒரு நோட்டு வேண்டும். சொந்தக்காரப் பையன்தானே என்று விடுவதால்தான் பிறகு சொல்ல வாயில்லாமல் போகிறது.

ஜாமீனே கிடைக்காது என்பது முக்கால் உண்மை. உபாவில் முன்ஜாமீன் கிடையாது. பயங்கரவாதப் பிரிவுகளில் கைதானால், வழக்கு நாட்குறிப்பையும் குற்றப்பத்திரிகையையும் பார்த்து, குற்றச்சாட்டு முதல் பார்வைக்கு உண்மை என்று நம்ப நியாயமான காரணம் இருக்கிறது என நீதிமன்றம் கருதினாலே 43டி(5) ஜாமீனைத் தடுத்துவிடும். அந்தக் கட்டத்தில் சாட்சியத்தை அலசிப் பார்க்கக் கூடாது என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. விசாரணை முடியாமலே பல ஆண்டு கிடந்தவரை இந்தத் தடையைத் தாண்டியும் விடலாம் என்று 2021-இல் சொன்னதும் அதே நீதிமன்றம்தான்.

வக்கீல் கணக்கு வைக்க வேண்டிய நாட்கள் உண்டு. குற்றப்பத்திரிகை தாக்கல் செய்ய 90 நாள். அதற்குள் முடியாவிட்டால் அரசு வழக்கறிஞர் அறிக்கை கொடுத்து 180 நாள் வரை கேட்கலாம். நீட்டிக்கும் அதிகாரம் சிறப்பு நீதிமன்றத்துக்கு உண்டு. அது இல்லாத இடத்தில் செஷன்ஸ் நீதிமன்றத்துக்கு. மாஜிஸ்திரேட் நீட்டித்தால் செல்லாது. நீட்டிப்பு இல்லாமல் 90 முடிந்துவிட்டால் ஜாமீன் உரிமையாகவே கிடைக்கும். ஆனால் தானாக வராது. குற்றப்பத்திரிகை தாக்கலாவதற்கு முன்பே மனு போட்டிருக்க வேண்டும். ஒரு நாள் அசந்தால் உரிமை போய்விடும். இன்னொன்று, கைதுக்கான காரணத்தை எழுத்தில் கொடுக்காவிட்டால் உபா கைதே செல்லாது என்று 2024 மே 15-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. அந்தத் தாளைக் கேட்டு வாங்குங்கள். பயங்கரவாத வழக்குகளின் எஃப்ஐஆரைப் போலீஸ் இணையதளத்தில் ஏற்றத் தேவையில்லை என்பதால் அங்கே தேடிக் கிடைக்கவில்லை என்று நிம்மதி அடைய வேண்டாம்.

இந்த வரையறையை நீதிமன்றங்கள் எவ்வளவு கறாராகப் படிக்கும் என்பதற்கு ராஜீவ் காந்தி கொலை வழக்கே உதாரணம். அப்போதிருந்த பயங்கரவாதத் தடுப்புச் சட்டமான தடாவின்படி அமைந்த பூந்தமல்லி நீதிமன்றம் 1998-இல் 26 பேருக்குத் தூக்கு விதித்தது. 1999 மே 11-இல் உச்ச நீதிமன்றம் 19 பேரைக் கொலைக் குற்றத்திலிருந்து விடுவித்ததோடு, அந்தக் கொலை தடாவின் வரையறைப்படி பயங்கரவாதச் செயல் ஆகாது என்றும் சொன்னது. குண்டு வெடித்தது, முன்னாள் பிரதமர் இறந்தார், கூடவே பலர் இறந்தார்கள். ஆனால் அரசை மிரட்டவோ மக்களைப் பீதியில் ஆழ்த்தவோ செய்ததாக நிரூபிக்கவில்லை என்பது தீர்ப்பு. தடாவில் ‘கூடிய’ என்ற சொல் நோக்கத்தோடு இப்படி ஒட்டிக்கொண்டிருக்கவில்லை. இன்றைய வரையறை அதைவிட அகலமானது. வெறும் பேச்சைப் பொறுத்தவரை, திருமங்கலம் கூட்டத்தில் விடுதலைப் புலிகளை ஆதரித்துப் பேசியதற்காக 2002-இல் வைகோ, தடாவுக்குப் பின் வந்த பொடா சட்டத்தில் கைதாகி ஒன்றரை ஆண்டுக்கு மேல் சிறையில் இருந்தார். பயங்கரவாதத்துக்குத் துணைபோகும் எண்ணம் இல்லாத வெறும் ஆதரவுப் பேச்சு குற்றமாகாது என்று உச்ச நீதிமன்றம் 2003 டிசம்பரில் விளக்கியது.

மற்ற நாடுகளோடு ஒப்பிட்டால் நம் சட்டத்தில் இல்லாதது ஒன்று தெரியும். பிரிட்டனின் 2000-ஆம் ஆண்டுச் சட்டத்தில் அரசியல், மதம், இனம், கொள்கை சார்ந்த காரணத்துக்காகச் செய்தால்தான் பயங்கரவாதம். கனடா அதோடு நிற்காமல், உயிருக்கோ உடலுக்கோ ஆபத்து விளைவிக்கும் எண்ணமில்லாத போராட்டத்தையும் வேலைநிறுத்தத்தையும் அத்தியாவசியச் சேவை முடங்கும் பிரிவிலிருந்து விலக்கி எழுதியிருக்கிறது. நம் 15-ஆம் பிரிவில் காரணம் பற்றிய நிபந்தனையும் இல்லை, இந்த விலக்கும் இல்லை. காசுக்காகச் செய்தேன் என்பது பிரிட்டனில் தற்காப்பு வாதமாகலாம். இங்கே அது மட்டும் போதாது.

இலங்கைக்கு வருவோம். அங்கே 1979-இல் இரண்டு சட்டங்கள் வந்தன, ஊரில் அவற்றைக் குழப்பிக்கொள்கிறார்கள். 48-ஆம் எண் சட்டம் பயங்கரவாதத் தடைச் சட்டம். 59-ஆம் எண் சட்டம் வெளிநாட்டு மீன்பிடிப் படகுகள் பற்றியது. எல்லை தாண்டியதாகப் பிடிபடும் நம் ஆட்கள் மேல் போடுவது இரண்டாவதை. 2018-இல் அதன் அபராதத்தைப் பெருமளவு உயர்த்தினார்கள். இழுவை மடி போட்டிருந்தால் 2017-இல் அதற்கு விதித்த தடையும் சேரும். முதல் முறை பிடிபட்டவருக்கு ஒத்திவைத்த தண்டனை கொடுத்து அனுப்புவது வழக்கம். அதே ஆள் மறுபடி பிடிபட்டால் பழைய தண்டனையும் சேர்ந்து எழும். 2011-இல் பிடிபட்டு 2014 அக்டோபரில் கொழும்பில் தூக்கு விதிக்கப்பட்டு, நவம்பரில் அதிபரின் மன்னிப்பால் திரும்பிய 5 மீனவர்கள் மேல் இருந்ததுகூடப் போதைப்பொருள் குற்றச்சாட்டுதான், பயங்கரவாதம் அல்ல.

பயங்கரவாதத் தடைச் சட்டம் அங்கே வேறு விதமானது. பயங்கரவாதம் என்றால் என்ன என்று அது விளக்கவே இல்லை. குற்றங்களைப் பட்டியலிட்டு நின்றுவிடுகிறது. அனுமதியில்லாமல் துப்பாக்கியோ வெடிமருந்தோ நாட்டுக்குள் கொண்டுவருவது அந்தப் பட்டியலில் ஒன்று. எதற்காக என்ற கேள்வியே இல்லை. வெடி வைத்து மீன் பிடிப்பவர்கள் இதைத் தெரிந்துகொள்வது நல்லது. உதவி போலீஸ் சூப்பிரண்டிடம் கொடுத்த வாக்குமூலம் அங்கே சாட்சியமாகும். நம் உபா வழக்கில் போலீஸிடம் கொடுத்த ஒப்புதல் சாட்சியமாகாது.

இனி உங்கள் சம்மன். சுங்கச் சட்டம் 108-இல் வந்ததாக இருந்தால் போகாமல் இருக்க முடியாது. சுங்க அதிகாரி போலீஸ் அல்ல என்பதால் அவரிடம் கொடுக்கும் வாக்குமூலம் சாட்சியமாக நிற்கும், கவனம். வக்கீலைக் கண்ணுக்குத் தெரியும், காதுக்கு எட்டாத தூரத்தில் இருக்க அனுமதிக்கக் கேட்கலாம். மீன்வளத்துறைப் பதிவுச் சான்று, என்ஜின் பில், காப்பீடு எல்லாவற்றின் நகலும் கொண்டுபோங்கள். வாக்குமூலத்தை ஆங்கிலத்தில் எழுதியிருந்தால் தமிழில் படித்துக் காட்டாமல் கையெழுத்துப் போடாதீர்கள். சொல்லாததை எழுதி வாங்கிவிட்டால் மறுநாளே எழுத்தில் மறுத்து அனுப்புங்கள். மாதக்கணக்கில் கழித்து மறுத்தால் யோசித்துச் செய்த பொய்யாகத்தான் பார்ப்பார்கள். வக்கீல் வைக்க வசதியில்லை என்றால் 15100 எண்ணில் சட்ட உதவி கேட்கலாம்.

பையனைப் பற்றி உண்மையில் அஞ்ச வேண்டியது உபாவைவிட காஃபிபோசாவைத்தான். 1974-ஆம் ஆண்டின் அந்தச் சட்டம் விசாரணை இல்லாமலே ஓராண்டு அடைத்து வைக்கும். தமிழ்நாட்டுக் கரையை ஒட்டிய கடலைக் கடத்தலுக்கு மிக எளிதில் ஆளாகும் பகுதியாகவே அது குறித்திருப்பதால், அதற்கான தனி அறிவிப்பு வந்தால் 2 ஆண்டு வரை போகும்.

படகு விஷயத்தில் நல்ல செய்தி சொல்ல முடியவில்லை. சுங்கச் சட்டத்தின் 115-ஆம் பிரிவின்படி உரிமையாளருக்குத் தெரியாது என்றால் மட்டும் போதாது, படகைப் பொறுப்பில் வைத்திருந்தவருக்கும் தெரியாது என்று காட்ட வேண்டும். உங்கள் வழக்கில் பொறுப்பில் இருந்தவன் பிடிபட்ட பையனே. அதனால் பறிமுதலுக்குப் பதில் அபராதம் கட்டி மீட்பதைக் குறியாக வையுங்கள். கைப்பற்றிய 6 மாதத்துக்குள், நீட்டித்தால் இன்னும் 6 மாதத்துக்குள், காரணம் கேட்கும் நோட்டீஸ் வர வேண்டும். வராவிட்டால் படகைத் திருப்பித் தர வேண்டும். அதுவரை காத்திருக்காமல் 110ஏ பிரிவில் பிணைப்பத்திரமும் ஈடும் கொடுத்து இடைக்கால விடுவிப்புக்கு இப்போதே மனு கொடுங்கள். மணலில் வெயிலில் கிடந்தால் ஃபைபர் வெடித்துவிடும், என்ஜினில் உப்பேறிவிடும்.