மேடைத் தாலியும் வெள்ளைச் சேலையும்

கேள்வி:

அன்புள்ள அக்கா,

எனக்கு 41 வயது. முள்ளியவளைப் பக்கம் இருக்கிறேன். அப்பா இசை நாடகங்களுக்கு ஆர்மோனியம் வாசித்தவர். எட்டு வயதில் அரிச்சந்திர மயான காண்டத்தில் லோகிதாசனாக மேடை ஏறினேன். பதினெட்டு வயது வரை பாடினேன், நடித்தேன். பிறகு கலியாணம். 2009இல் அவர் செல்லடியில் போய்விட்டார். அப்போது எனக்கு 25 வயது, மகளுக்கு ஒரு வயது. அன்றிலிருந்து நான் ஒரு பாட்டும் பாடியதில்லை.

இந்த முறை கோயில் திருவிழாவுக்கு மயான காண்டம் போடுகிறார்கள். நாடகம் பழக்கும் அண்ணாவியார் வீடு தேடி வந்து, அரிச்சந்திரனின் மனைவி சந்திரமதி வேடத்துக்கு என்னைக் கேட்டார். "தகப்பன்ர ஞானம் உன்னட்டத்தான் இருக்கு பிள்ளை" என்றார். மகளுக்குப் பெரிய சந்தோசம். மாமி அன்றிலிருந்து முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. கணவரின் தமையன், "புருசன் இல்லாதவள் பொட்டும் பூவும் வைச்சு மேடையில ஏறினால் ஊர் என்ன கதைக்கும்?" என்று கேட்கிறார்.

அப்பா கே. பி. சுந்தராம்பாள் அம்மாவின் பாட்டுகளைக் கசெற்றில் போட்டுக் கேட்பார். அவவும் கணவனை இழந்தவதானே. அவ பாடினால் பெருமை, நான் பாடினால் பிழையோ? இன்னொன்று, என் குரல் இப்போது எப்படி இருக்குமென்று எனக்கே பயமாக இருக்கிறது.

பெயர் வேண்டாம், முல்லைத்தீவு மாவட்டம்

பதில்:

தங்கச்சி, பிழை இல்லை. அண்ணாவியார் உங்கள் பதிலுக்குக் காத்திருப்பார் என்பதால் இதை முதலே எழுதிவிடுகிறேன். மற்றதை ஆறுதலாகக் கதைப்போம்.

உங்கள் கடிதத்தில் ஒரு எண்ணைக் கண்டதும் கொஞ்ச நேரம் மேலே வாசிக்க முடியவில்லை. கணவர் போனபோது உங்களுக்கு 25. சுந்தராம்பாளின் கணவர், நாடகப் பாடகர் கிட்டப்பா 1933 டிசம்பரில் இறந்தபோது சுந்தராம்பாளுக்கும் அதே 25. கிட்டப்பாவுக்கு 27தான்.

சுந்தராம்பாளின் பாட்டு எங்கள் கோயில் ஒலிபெருக்கிகளில் கேட்டுக் கேட்டுப் பழகியது. அவரது வாழ்க்கையை அவ்வளவாக நாங்கள் கதைப்பதில்லை. 1908இல் கொடுமுடியில் ஏழை வீட்டில் பிறந்தவர். ரயிலில் பாடிக் காசு வாங்கிய பிள்ளை என்று சொல்வார்கள். அங்கிருந்து நாடகக் கம்பனிக்குப் போனார், சின்ன வயதிலேயே கடல் தாண்டி இலங்கைக்கும் நாடகமாட வந்தார். 1926இல் அவரும் கிட்டப்பாவும் சோடி சேர்ந்தது கொழும்பு மேடையில்தான். அடுத்த வருடம் கலியாணம். அது நேராக ஓடிய வாழ்க்கை இல்லை. கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே குடும்பம் இருந்தது, இவர்கள் இருவரும் பிரிந்தும் இருந்தார்கள். ஆனாலும் அவர் போனபின் சுந்தராம்பாள் வெள்ளைச் சேலைக்கு மாறினார். இனி ஆண்களுக்குச் சோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார்.

அதோடு கதை முடிந்திருக்கலாம். முடியவில்லை. 1935இல் 'பக்த நந்தனார்' படத்தில் நடிக்க வந்தார். கதாநாயகியாக இல்லை, நந்தனாராகவே. ஆண் வேடம். அதற்குக் கேட்ட சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். அந்தக் காலத்தில் அது யாரும் கேள்விப்படாத தொகை. கேட்டதும் பேசாமல் போய்விடுவார்கள் என்று நினைத்துத்தான் அவ்வளவு கேட்டார் என்றும் சொல்வார்கள். வந்தவர்கள் சரி என்றுவிட்டார்கள்.

நாங்கள் அவரைத் துறவி மாதிரி நினைத்து வைத்திருக்கிறோம். அந்த 1935ஐப் பார்க்கும்போது எனக்குத் தெரிவது வேறு ஒருவர். தான் எதைச் செய்வேன், எதைச் செய்யமாட்டேன், என் வேலைக்கு என்ன விலை என்று தெளிவாகச் சொல்லத் தெரிந்த தொழில்காரி. துக்கம் அவரிடம் இருந்தது, தொழிலும் இருந்தது. ஒன்றுக்காக மற்றதை விடவில்லை.

வெள்ளைச் சேலை அவர் தனக்குத் தானே எடுத்த முடிவு. நாளைக்கு யாராவது "சுந்தராம்பாளும் வெள்ளைதானே உடுத்தினவ" என்று உங்களிடம் சொன்னால், அதைக் கட்டளையாக எடுக்க வேண்டாம். அவரிடமிருந்து நீங்கள் எடுக்க வேண்டியது நிபந்தனை வைக்கும் துணிவை. சேலையின் நிறத்தை இல்லை.

திரும்பி வந்ததும் எல்லோரும் தலையில் தூக்கி வைத்தார்கள் என்றும் நினைக்காதீர்கள். அந்தப் படத்துக்குக் கல்கி எழுதிய விமர்சனம் மிகக் கடுமையானது. அவர் பெயரை வீட்டுக்கு வீடு கொண்டுபோன 'ஔவையார்' 1953இல்தான் வந்தது. இடையில் பதினெட்டு வருடம். அப்போது அவருக்கு 45ஐ நெருங்கும் வயது, உங்களை விட மூன்று நாலு வயது கூட. அதற்கிடையில் 1951இல் சென்னை மாகாண மேலவைக்கும் உறுப்பினராகப் போய்விட்டார். 1964இல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தி அடிகள், அடுத்த வருடம் 'திருவிளையாடல்' படத்தில் மறுபடி ஔவை. 'துணைவன்' படத்தில் பாடியதற்குத் தேசிய விருது கிடைத்தபோது அறுபதைத் தாண்டியிருந்தார். 1970இல் பத்மஸ்ரீ. 1973இல், 65 வயதில், காரைக்கால் அம்மையார்.

அந்த வேடங்களை வரிசையாக வைத்துப் பாருங்கள். நந்தனார், ஔவை, கவுந்தி, காரைக்கால் அம்மையார். பக்கத்தில் ஒரு கணவனை நிறுத்த வேண்டிய வேடம் இதில் ஒன்றும் இல்லை. கணவன் இல்லாத பெண்ணுக்கு மேடையில் இடமில்லை என்று ஊர் சொன்ன காலத்தில், எங்கள் பழைய கதைகளுக்குள்ளேயே தனக்கு இடம் கண்டுபிடித்தார். எனக்கு அவரில் மிகப் பிடித்தது இதுதான்.

அதனால் உங்களிடம் ஒரு கேள்வி. உங்களுக்கு வேண்டியது சந்திரமதியா, மேடையா? கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன், அது தெளிவாக இல்லை. அண்ணாவியார் கேட்டதால் சந்திரமதி என்று நிற்கிறீர்களா, அல்லது அந்தப் புலம்பலைப் பாட வேண்டும் என்று உள்ளுக்குள் ஏதோ இழுக்கிறதா? மேடைதான் வேண்டுமென்றால் இந்த முறை பிற்பாட்டில் இருந்து தொடங்கலாம். ஆர்மோனியத்துக்குப் பக்கத்தில், அப்பா இருந்த இடத்துக்குப் பக்கத்தில். அல்லது அரிச்சந்திரனின் மந்திரி சத்தியகீர்த்தியாகவே வரலாம். எங்கள் பக்கத்தில் காலகாலமாக ஆண்கள்தானே சந்திரமதிக்குச் சேலை கட்டி வந்தார்கள். பெண் ஒருத்தி மந்திரியாக வந்தால் என்ன?

சந்திரமதிதான் வேண்டும் என்றால், அதில் ஒரு பாரம் இருக்கிறது. யாழ்ப்பாணத்து இசை நாடக நடிகர் நடிகமணி வைரமுத்துவின் மயான காண்டத்தை எங்கள் தாய் தகப்பன்மார் விடிய விடிய இருந்து பார்த்தார்கள், அழுதார்கள், எழும்பி வீட்டுக்குப் போனார்கள். இன்றைக்கு வன்னியில் அந்தக் கதை வேறு. பாம்பு கடித்துச் செத்த பிள்ளையைத் தாய் சுடலைக்குத் தூக்கி வருகிறாள். முழத்துண்டும் கால் பணமும் வாய்க்கரிசியும் இல்லாமல் எரிக்க விடமாட்டேன் என்கிறான் காவல்காரன். முழத்துண்டும் இல்லாமல் எத்தனை பேரைப் பதுங்குகுழிக்குப் பக்கத்தில் விட்டுவிட்டு வந்தோம் நாங்கள்? உங்களுக்கு முன்னால் பாயில் இருக்கப்போகும் தாய்மாரில் பாதிப்பேர் அந்தப் பாட்டைக் கதையாகக் கேட்கமாட்டார்கள். நீங்களும் கதையாகப் பாடமாட்டீர்கள்.

இதனால் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அந்தச் சபைக்கு முன்னால் அதைப் பாடும் உரிமை உங்களை விட யாருக்கு இருக்கிறது? ஆனால் ஆயத்தம் வேண்டும். ஒத்திகையில் புலம்பல் பாட்டைக் கடைசிக்குத் தள்ள வேண்டாம் என்று அண்ணாவியாரிடம் சொல்லுங்கள். முதலே தொடங்கி, துண்டு துண்டாக, பல நாள் பழகுங்கள். முதல் சில நாள் அழுகை வரும். வரட்டும். ஒத்திகையில் அழுது முடித்த இடம் மேடையில் தொண்டையை அடைக்காது. அன்றைக்கு முடியாமல் போனால் எந்த அடியில் பிற்பாட்டுக்காரர் எடுத்துப் பாடுவார் என்பதையும் முன்கூட்டியே பேசி வையுங்கள். இரண்டடியை அவர் பாடினால் சபைக்குப் பிழையாகத் தெரியாது. நீங்கள் மூச்சு எடுத்துவிட்டுச் சேர்ந்துகொள்ளலாம்.

குரலைப் பற்றி. பதினெட்டு வயதுக் குரல் திரும்பி வராது, அதைத் தேட வேண்டாம். இப்போது இருக்கும் குரலைத்தான் தேட வேண்டும். அந்தக் காலத்தில் பாடிய சுருதியிலேயே தொடங்கினால் இரண்டு நாளில் தொண்டை கட்டிவிடும். ஆர்மோனியக்காரரிடம் ஒரு கட்டையாவது இறக்கச் சொல்லுங்கள், அதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை. விடியற்காலையில் பத்து நிமிடம் ஆதார சட்ஜத்தில் நின்று 'ஆ' என்று மெதுவாக இழுங்கள். கீழ் ஸ்வரங்களில் நிதானம் வந்தபின் மேலே போகலாம். முதல் கிழமை பாட்டே வேண்டாம். கரகரத்தால் அன்றைக்கு நிறுத்துங்கள், கத்தித் தள்ளி வெல்லப் பார்க்காதீர்கள். சுந்தராம்பாளும் கிட்டப்பாவும் ஒலிவாங்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசை வரைக்கும் பாடியவர்கள். உங்களுக்கு மைக் இருக்கிறது. சத்தத்தை அது பார்த்துக்கொள்ளும், சொல் தெளிவாக விழுகிறதா என்பதை மட்டும் நீங்கள் பாருங்கள்.

இனி ஊர்.

நீங்கள் முள்ளியவளைக்காரி. வைகாசியில் காட்டு விநாயகர் கோயிலில் கடல் நீரில் விளக்கு எரிவதையும், அங்கிருந்து வற்றாப்பளை அம்மன் கோயிலுக்குப் போவதையும் நான் உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. அந்தப் பொங்கலுக்குச் சனம் எங்கெங்கிருந்தெல்லாம் வருகிறது. வற்றாப்பளையில் இருப்பது யார்? கணவனைப் பறிகொடுத்த ஒருத்தி. தலைவிரி கோலமாக அரசவைக்குப் போய், நியாயம் கேட்டு வாய் திறந்த ஒருத்தி. கண்ணகி மதுரையை விட்டு வந்து எங்கள் நந்திக்கடல் கரையில் அமர்ந்தாள் என்று நம்பி, தலைமுறை தலைமுறையாகப் பொங்கிப் படைக்கிற ஊர், அதே நிலையில் இருக்கிற இன்னொருத்தி பாடக்கூடாது என்று சொல்லுமா? சொன்னால் கணவரின் தமையனிடம் இதைத்தான் கேளுங்கள். கோபமாக இல்லை, மெதுவாக. அவருக்கு அதற்கு மேல் நேரம் செலவழிக்க வேண்டாம். ஊர் கதைக்கும், நாடகம் நன்றாக வந்தால் அடுத்த கிழமை வேறு மாதிரிக் கதைக்கும்.

மாமியின் விஷயம் அப்படி இல்லை. அதற்கு நேரம் செலவழிக்க வேண்டும்.

நீங்கள் எழுதாத ஒன்றை நான் எழுதுகிறேன், தப்பாக எடுக்க வேண்டாம். சுடலையில் அரிச்சந்திரன் சந்திரமதியைக் கண்டுபிடிப்பது எதை வைத்து? அவள் கழுத்தில் இருக்கும் தாலியை வைத்து. கணவன் கண்ணுக்கு மட்டும் தெரியும் தாலி அது. அப்படியென்றால் அந்த இரவு உங்கள் கழுத்தில் ஒரு தாலி ஏறும். உங்கள் மாமிக்கு இந்த நாடகம் உங்களைப் போலவே மனப்பாடமாக இருக்கும். அண்ணாவியார் 'சந்திரமதி' என்று வாய் திறந்த அந்த நிமிடமே அவ கண்ணில் முதலில் வந்து நின்றது அந்தத் தாலியாகத்தான் இருக்கும். தன் மகன் கட்டிய தாலி இருந்த கழுத்து. அவ முகம் கொடுத்துக் கதைக்காததை நான் பழைய காலத்துப் பிடிவாதம் என்று மட்டும் எடுக்கமாட்டேன். நீங்கள் கணவனை இழந்த அதே நாளில் அவ பிள்ளையை இழந்தா. உண்மையில் சந்திரமதியின் புலம்பல் உங்களை விட அவவுக்குத்தான் நெருக்கம்.

அதனால் அனுமதி கேட்கவும் போகாதீர்கள், சண்டைக்கும் போகாதீர்கள். ஒரு பின்னேரம், மகள் ரியூசனுக்குப் போயிருக்கும் நேரம், தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு பக்கத்தில் போய் இருங்கள். தாலியைப் பற்றி நீங்களே எடுத்துக் கதையுங்கள். "மாமி, அந்த இடம் எனக்கும் கஷ்டம்தான்" என்று சொல்லுங்கள். பிறகு அவ என்ன சொன்னாலும் கேட்டுக்கொண்டிருங்கள். அவரைப் பற்றி இரண்டு பேரும் கடைசியாக எப்போது வாய் விட்டுக் கதைத்தீர்கள்? பல வீடுகளில் அது 2009இல் நின்றது நின்றபடியே இருக்கிறது. கதைத்த பிறகும் அவ வேண்டாம் என்று சொல்லலாம். அப்படிச் சொன்னாலும் நீங்கள் மேடை ஏறலாம் என்றுதான் நான் சொல்வேன், ஏனென்றால் உங்கள் குரல் உங்களுடையது. ஆனால் அவவுக்குச் சொல்லாமல், மற்றவர்கள் வாயால் அவ கேள்விப்படும்படி மட்டும் செய்யாதீர்கள்.

அப்புறம், நாடகத்தன்று அந்தத் தாலியை யார் கட்டுவது என்பதையும் முன்கூட்டியே முடிவு செய்யுங்கள். ஒப்பனைக்காரர் அவசரத்தில் பின்னால் நின்று முடிச்சுப் போடும் வேலையாக அது இருக்கக்கூடாது. மஞ்சள் கயிறும் வேண்டாம், மேடை நகையோடு வரும் சங்கிலியே போதும். மாமி மனம் வைத்தால் அவவே போட்டுவிடட்டும். இல்லையென்றால் உங்கள் மகள் போடட்டும். திரை விழுந்ததும், பொட்டும் பூவும் கலைக்க முதல், அவளே கழற்றட்டும்.