வாசகர் கேள்வி பதில்: விமானத்தின் பதிவு எண்

கேள்வி: டிக்கெட்டில் ஒரு எண், விமானத்தின் உடலில் ‘9எம்’ என்று தொடங்கும் வேறொன்று. எது விமானத்தின் எண்? (வாசகர், பட்டர்வொர்த்)

பதில்: உடலில் இருப்பதுதான். டிக்கெட்டில் உள்ள ‘எம்எச்’, ‘ஏகே’ எண்கள் பேருந்துத் தட எண்ணைப் போன்றவை. நாளை அதே எண்ணில் வேறு விமானம் பறக்கலாம்.

‘9எம்’ மலேசியாவைக் குறிக்கும். அனைத்துலகத் தொலைத்தொடர்புச் சங்கம் வானொலி அழைப்புக் குறிகளுக்காக நாடுகளுக்குப் பிரித்துக் கொடுத்த எழுத்துத் தொகுப்புகளிலிருந்து இது வந்தது. அதனால்தான் நாட்டின் பெயருக்கும் குறிக்கும் பல இடங்களில் ஒட்டுறவே இருக்காது: சிங்கப்பூர் 9வி, இந்தியா விடி, இலங்கை 4ஆர், தாய்லாந்து எச்எஸ், இந்தோனேசியா பிகே.

பயணிகள் விமானத்தில் பின்பகுதியில், வாலை ஒட்டிப் பாருங்கள். அங்கே எழுத்தின் உயரம் குறைந்தது 30 சென்டிமீட்டர் இருக்க வேண்டும். இடது இறக்கையின் அடியில் எழுதினால் 50. மூக்குச் சக்கரத்தின் கதவில் கடைசி இரண்டு, மூன்று எழுத்துகளை மட்டும் எழுதும் நிறுவனங்களும் உண்டு. ஏறுபாலத்தருகே நிற்கும்போது அதுதான் முதலில் கண்ணில் படும்.

இணையத்தில் தேடும்போது பலர் தவறுவது ஓரிடத்தில்: மலேசியப் பதிவில் கோட்டுக்குப் பின் வருபவை மூன்றும் எழுத்துகளே. 9எம்-எம்ஆர்ஓ என்பதில் கடைசியில் இருப்பது ‘ஓ’, பூஜ்யம் அல்ல. எம்எச்370 பயணத்தில் பறந்த போயிங் 777இன் பதிவு எண் அது.

கேள்வி: அந்த மூன்று எழுத்துகளை யார் முடிவு செய்வது? (வாசகர், செந்தூல்)

பதில்: நிறுவனம் கேட்கலாம், பதிவு செய்து கொடுப்பது மலேசிய விமானப் போக்குவரத்து ஆணையம். மலேசியா ஏர்லைன்ஸ் விமானங்களில் கோட்டுக்குப் பின் ‘எம்’ அடிக்கடி வருவது இதனால்தான். ஆபத்துக் குரலோடு குழம்பும் ‘எஸ்ஓஎஸ்’, ‘பிஏஎன்’ போன்றவற்றையும், ‘கியூ’வில் தொடங்கும் மூவெழுத்துக் குறிகளையும் எவரும் பெற முடியாது.

கேள்வி: விமானத்தை விற்றால் எண்ணும் கூடப் போகுமா?

பதில்: பினாங்கின் ‘பி’ எண் காரைக் கோலாலம்பூர்க்காரர் வாங்கினாலும் ‘பி’ அப்படியே இருக்கும். வெளிநாட்டுப் பதிவுக்கு மாறும் விமானத்துக்கு அது நடக்காது. 1944ஆம் ஆண்டின் சிக்காகோ ஒப்பந்தப்படி ஒரு விமானம் ஒரே சமயத்தில் இரண்டு நாடுகளில் பதிவாகியிருக்க முடியாது. ஆகவே பழைய பதிவை ரத்து செய்த பிறகே புதியது கிடைக்கும். விட்டுப்போன எழுத்துகள் பின்னாளில் வேறொரு விமானத்துக்கும் போகலாம். ஒரு விமானத்தின் வரலாற்றைத் தேடுபவர்கள் பதிவு எண்ணோடு நிறுத்தாமல் தயாரிப்பாளரின் வரிசை எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள். எத்தனை நாடு மாறினாலும் அது மாறாது.